மூஸ் கொம்பில் பங்கு கேட்ட மைத்துனருக்கு

பைன் ஹாலோ, மொன்டானா
மார்ச் மாதம்

பெருமதிப்பிற்குரிய மைத்துனர் திரு. வெண்டல் அவர்களின் சமூகத்திற்கு,

தங்கள் அக்காள் கணவன் ஓர்வல் டோலெஃப்சன் பணிவுடன் எழுதிக்கொள்வது. இங்கு நானும் தங்கள் அக்கா மார்லிஸும் நலம். என் இடது முழங்கால் மட்டும் நலமில்லை. அதன் காரணம் கீழே வரும். அரிசோனா வெயிலில், நீச்சல் குளத்து ஓரத்தில், தாங்கள் வேண்டிய அளவுக்குச் சிவந்து சௌக்கியமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நாங்கள் இங்கே இன்னும் வாசலில் பனியை வாரிக்கொண்டிருக்கிறோம். அது குறித்துத் தாங்கள் கவலைப்பட வேண்டாம். இதுவரை கவலைப்பட்டதில்லை என்பதையும் அறிவேன்.

தங்கள் கடிதம் கிடைத்தது. மார்லிஸ் சுட்ட மூஸின் கொம்புகளில் தங்களுக்கும் பங்கு உண்டு என்றும், ஏனென்றால் அதற்கு முந்தைய கிறிஸ்துமஸ் விருந்தில் "நீயும் ஒரு மனு போட்டுப் பாரேன் அக்கா" என்று யோசனை சொன்னதே தாங்கள்தான் என்றும், ஆகவே கொம்புகளைத் தங்கள் வரவேற்பறைச் சுவரில் மாட்ட நன்றாகச் சுற்றி அனுப்பும்படியும் எழுதியிருக்கிறீர்கள். படித்தேன். மறுபடியும் படித்தேன். பிறகு வெளியே போய், பிளக்க வேண்டிய அவசியமே இல்லாத விறகையெல்லாம் பிளந்துவிட்டு வந்து இந்தப் பதிலை எழுதுகிறேன்.

தாங்கள் அந்த யோசனையைச் சொன்னபோது வாயில் பூசணி அடை இருந்தது. அதை விழுங்குவதற்குள் சொல்லி முடித்துவிட்டீர்கள். நானோ அந்த மூஸுக்காகப் பள்ளிப் பேருந்துகளுக்கு அடியில் மல்லாந்து கிடந்து எண்ணெய் மாற்றிக்கொண்டிருந்த இளவயதிலிருந்து ஆண்டு தவறாமல் மனு போட்டு வருகிறவன். குதிரையைவிட உயரமான ஒரு மான், விரித்த கைகளுக்குள் அடங்காத கொம்பு, அதைத் தேடி ஒருமுறை காட்டுக்குள் போக அனுமதி, இதற்கு மேல் நான் யாரிடமும் எதுவும் கேட்டதில்லை. ஒவ்வொரு ஜூன் மாதமும் மாநில அரசு மனுக்களைக் குலுக்கி எடுத்துச் சிலருக்கு மட்டும் வேட்டை அனுமதி தரும். ஒவ்வொரு ஜூன் மாதமும் 'வாய்ப்புக் கிடைக்கவில்லை' என்று எனக்குப் பதில் வரும். தோற்றவன் மனம் நோகக் கூடாதென்று ஆண்டுக்கு ஒரு புள்ளியும் தருவார்கள். புள்ளி சேரச் சேர அடுத்த முறை வாய்ப்புக் கூடுமாம். இந்த மாவட்டத்தில் என்னைவிடப் புள்ளி வைத்திருந்தவர் ஒரே ஒருவர். அவரும் போன வருடம் காலமாகிவிட்டார். ஆக, தோல்வியில் இப்போது நான்தான் முதலிடம்.

ரூபியின் காபிக்கடையில் காலைநேரத்தில் கூடும் நண்பர்கள் இதற்கு எனக்கு அளித்த ஆறுதலையும் தாங்கள் அறிய வேண்டும். முன்னாள் தபால்காரன் டுவேன் ஸ்கோகன், என்னோடு ஞாயிறுப் பள்ளியில் படித்தவன், ஒருநாள் கடை முழுக்கக் கேட்கும்படி, "ஓர்வல், நீ போயிட்டா உன் புள்ளியெல்லாம் யாருக்குப் போகும்? உயில்ல எழுதிட்டியா?" என்றான். நான் காபியைக் கலக்கினேன். "கல்லறைக் கல்லுல 'வாய்ப்புக் கிடைக்கவில்லை'ன்னே வெட்டிடலாம். வாசகத்தை அரசாங்கமே எழுதிக் கொடுத்திருச்சு" என்று அவனே முடித்துக்கொண்டான். இவன்தான் எனக்கு நெருங்கிய நண்பன்.

இப்படிப்பட்ட ஒருவனின் வீட்டில், போன ஜூன் மாதம், சர்ச்சில் ஆர்கன் வாசிப்பதைத் தவிர வேறு எதற்கும் ஆசைப்படாத தங்கள் அக்கா அடுப்பில் ஜாம் கிளறிக்கொண்டே கணினியைப் பார்த்து, "ஓர்வல், இங்க கொஞ்சம் வா. 'வாய்ப்புக் கிடைத்தது'ன்னு போட்டிருக்கு. அப்படின்னா என்ன அர்த்தம்?" என்று கேட்டாள். வெண்டல் அவர்களே, எனக்கும் தெரியவில்லை. அந்த வார்த்தையை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு பார்த்தேன். அவள் பெயர். ஆண் மூஸ். நான் வாழ்நாளெல்லாம் கேட்ட அதே பள்ளத்தாக்கு. அதற்குள் ஜாம் அடிப்பிடித்துவிட்டது. அதையும் நான்தான் சுரண்டினேன்.

உடனே வேட்டை அனுமதி தரும் அலுவலகத்துக்குத் தொலைபேசினேன். மிக மரியாதையான ஒரு பெண் எடுத்தாள்.

"அம்மா, எங்க வீட்டுல ஒரு சின்னக் குழப்பம். எனக்கு விழ வேண்டியது என் மனைவி பேர்ல விழுந்திருச்சு."

"குழப்பம் ஒண்ணும் இல்லையே சார். அவங்களும் மனு போட்டிருக்காங்க."

"அதை என் பேருக்கு மாத்தித் தர முடியுமா?"

"முடியாது சார். அவங்கதான் சுடணும்."

"அப்ப நான் என்ன செய்யலாம்?"

பாவம், உண்மையாகவே யோசித்தாள். "கூடப் போகலாம் சார். தூக்கலாம்."

தங்கள் அக்கா வேண்டாமென்று சொல்லிவிடுவாள் என்றுதான் நினைத்தேன். வீட்டுக்குள் வந்த குளவியைக் கிண்ணம் போட்டு மூடி வெளியே கொண்டுபோய் விடுகிறவள் அவள். ஆனால் அன்று சாப்பிடும்போது, "இத்தனை வருஷமா ஜூன் மாசம் உன் மூஞ்சியைப் பார்த்துட்டு வர்றேன். அப்படி என்னதான் இருக்குன்னு ஒரு தடவை நானே போய்ப் பார்த்துட்டு வந்துடறேன்" என்றாள். கல் குவாரிக்குக் கூட்டிப்போய்த் துப்பாக்கி பழக்கினேன். மூச்சை எப்படி விட வேண்டும், காற்றை எப்படிக் கணிக்க வேண்டும் என்று நான் நெடுநேரம் விளக்கிக்கொண்டிருக்கும்போதே அவள் காகிதத் தட்டின் நடுவில் ஓட்டை போட்டாள். பக்கத்திலேயே இன்னொன்று. "ஆர்கன் பெடல் மாதிரிதான் ஓர்வல். அமுக்கக் கூடாது, இறங்க விடணும்" என்று எனக்குச் சொல்லிக் கொடுத்தாள். நான் சுட்டது குவாரியில் எங்கோ பட்டது. குவாரி பெரிது.

அதன்பிறகு ஊருக்குள் எனக்குப் பெயர் இல்லாமல் போயிற்று. பெட்ரோல் போடும் இடத்தில், "நீங்க மூஸ் மார்லிஸோட வீட்டுக்காரர்தானே?" என்று விசாரித்தார்கள். ஞாயிறு ஆராதனையில் போதகர் அவள் பாதுகாப்பாகப் போய்வர ஜெபித்தார்; கூடப் போகிறவனை ஆண்டவரே பார்த்துக்கொள்வார் என்று விட்டுவிட்டார்.

அக்டோபர் தொடக்கத்தில் கிளம்பினோம். ஆண் மூஸ் துணை தேடி அலையும் பருவம் அது. பெண் மூஸ் போல முனகினால் ஆண் தேடி வரும். அதற்காகவே தகர டப்பாவின் அடியில் ஓட்டை போட்டு, ஈரமான கயிறு கோத்து இழுக்கும் கருவி ஒன்றைச் செய்து, பல வருடங்களாக வண்டிக் கொட்டகையில் பழகி வைத்திருந்தேன். வில்லோ புதர்களுக்கு நடுவே, பீவர்கள் அணைகட்டித் தேக்கிய குட்டைக் கரையில் உட்கார்ந்து காலை முழுக்க இழுத்தேன். ஏக்கத்தோடு இழுத்தேன். மலைமேல் மேய்ச்சலுக்கு விட்டிருந்த யாரோ ஒருவரின் பசுமாடு வந்தது. வந்து, என்னைப் பார்த்தபடியே நின்றது. கல்லெறிந்தும் போகவில்லை. மார்லிஸ், "அதுக்கு உன்னைப் பிடிச்சிருக்கு, விடு" என்றாள். அவளுக்கு அன்று கடும் ஜலதோஷம். ஆரஞ்சு நிற மேலங்கிக்குள் கையை விட்டுக் கைக்குட்டையை எடுத்து, முட்டை ரொட்டியைக் கீழே வைத்துவிட்டு, பள்ளத்தாக்கு அதிர மூக்கைச் சிந்தினாள்.

எதிர்க்கரையிலிருந்து பதில் வந்தது.

என் தகர டப்பாவுக்கு வராத மூஸ் தங்கள் அக்காவின் மூக்குக்கு வந்தது. புதர்கள் விலகின. முதலில் கொம்பு வந்தது, கொம்புக்குப் பின்னால் நிதானமாக மற்றதெல்லாம் வந்தது. கருப்பாக, ஈரமாக, மூக்கிலிருந்து ஆவி விட்டுக்கொண்டு எங்களுக்கு நேராக, உடம்பை முழுக்கக் காட்டியபடி நின்றது. வெண்டல், இனிமேல் உனக்குத் 'தாங்கள்' போட எனக்குத் தெம்பில்லை. நான் கனவில் பார்த்ததெல்லாம் இதைவிடச் சின்னது.

மார்லிஸ் துப்பாக்கியைத் தூக்கவில்லை. என் பக்கம் நீட்டினாள்.

"நீ சுடு ஓர்வல்" என்று முணுமுணுத்தாள். "இது உன்னோடது. இங்க யாரு பார்க்கப் போறா?"

யாரும் பார்க்கவில்லை, அந்தப் பசுவைத் தவிர. வாங்கினேன். கையில் வாங்கிவிட்டேன், வெண்டல், மறைக்கவில்லை. அதன் பாரம் கையில் இறங்கியது. இத்தனை ஆண்டுகள் வரிசையில் நின்றவன் நான். கடைசி நிமிடத்தில் வரிசையை மீறினால் நின்றதெல்லாம் எதற்கு என்று அப்போது தோன்றியது. இதை நீ என் நேர்மை என்று எடுத்துக்கொண்டு ஊரெல்லாம் சொல்ல வேண்டாம். குவாரியில் சுட்ட லட்சணத்தில் இங்கும் சுட்டிருந்தால் பசுவுக்குத்தான் ஆபத்து.

"உன் பேர்தான் வந்திருக்கு" என்று திருப்பிக் கொடுத்தேன்.

என் முகத்தை ஒருமுறை பார்த்தாள். திரும்பினாள். இறங்க விட்டாள். ஒரே குண்டு.

ஒழுங்காக வளர்ந்த மூஸாக இருந்தால் அங்கேயே விழுந்திருக்கும். இது நான்கு எட்டு நடந்து, குட்டையின் மிக ஆழமான இடத்தைத் தேர்ந்தெடுத்து, அதற்குள் இறங்கிப் படுத்து உயிரை விட்டது. சட்டப்படி சுட வேண்டியவள் மார்லிஸ். சட்டப்படி தூக்க வேண்டியவன் நான். இறங்கினேன். இடுப்பு வரை தண்ணீர், அடியில் சேறு; சேறு என் இடது பூட்ஸை வாங்கிக்கொண்டு முழங்காலை முறுக்கித் திருப்பித் தந்தது. விழாமலிருக்க அதன் கொம்பைப் பிடித்தேன். பிறகு கழுத்தில் கை வைத்தேன். சூடாக இருந்தது. இத்தனை வருடத்தில் நான் அதைப் பற்றிப் படித்ததில் எங்கேயும் அவ்வளவு சூடாக இருக்கும் என்று எழுதியிருக்கவில்லை. கரையில் மார்லிஸ் அழுதுகொண்டிருந்தாள். ஜலதோஷமா அழுகையா என்று எனக்கு முதலில் தெரியவில்லை. அவளும் பூட்ஸோடு இறங்கி வந்து, பக்கத்தில் நின்று, தானும் கை வைத்தாள். "ரொம்ப அழகா இருக்கே ஓர்வல்" என்றாள். ஆமாம் என்றேன். குளிர் கால்களை அறுக்கத் தொடங்கியபிறகுதான் உலகம் நினைவுக்கு வந்தது.

இரண்டு கிழங்களால் அந்த மலையை அசைக்க முடியுமா? முறுக்கிய முழங்காலோடு நான் கரையேற முடியாமல் நிற்க, மார்லிஸ் மேட்டில் ஏறி டுவேனுக்குத் தொலைபேசினாள். காபிக்கடையே டிரக்குகளில் வந்து இறங்கியது. என்னைத் தண்ணீரில் பார்த்ததும் டுவேன் செய்த முதல் வேலை கரையில் உட்கார்ந்து தெர்மாஸைத் திறந்ததுதான்.

"மார்லிஸ், இதுல எதை முதல்ல வெளிய எடுக்கணும்?" என்று கேட்டான்.

"கொம்பு இருக்கிறதை" என்றாள் உன் அக்கா.

ஆனால் சொல்ல வேண்டியதையும் சொல்ல வேண்டும். வந்தவர்களில் முதலில் தண்ணீரில் இறங்கியதும் அவன்தான். கயிறு கட்டி இழுத்து, துண்டு போட்டு, இருட்டுவதற்குள் எல்லாவற்றையும் முதுகில் சுமந்து இறக்கினார்கள். என் பங்குத் தொடையை என்னிடம் கொடுக்கும்போது அவன் குரலைத் தாழ்த்தி, "அவ துப்பாக்கியை உங்கிட்ட நீட்டினாளாமே, நீ திருப்பிக் கொடுத்துட்டியாமே? சொன்னா" என்றான். "அதைக் கடையில சொல்ல மாட்டேன், பயப்படாதே. உன் பேரு கெட்டுப்போகும்."

இப்போது ஊரில் எல்லார் ஃப்ரீசரிலும் மார்லிஸ் இருக்கிறாள். சர்ச் விருந்தில் அவள் மூஸ் உருண்டைக் குழம்பை மூன்றாவது முறை வாங்கிச் சாப்பிட்ட போதகர், என் முழங்காலைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. கொம்பு எங்கள் சமையலறையில் இருக்கிறது. அதில் மார்லிஸ் துணி உலர்த்துகிறாள். ஒரு பக்கத்தில் அவளுடைய கம்பளிக் காலுறைகள், இன்னொரு பக்கத்தில் என் உள்பனியன்கள். அந்தக் கொம்பைத்தான் நீ, பூசணி அடை தின்றுகொண்டே ஒரு வாக்கியம் பேசிய கூலிக்குக் கேட்கிறாய்.

ஆகவே இதனால் உறுதியாகத் தெரிவிப்பது: கொம்பு வராது. கொம்பின் நுனி வராது. கொம்பின் புகைப்படம்கூட வராது. மேலும், குலுக்கல் என்ற கேவலத்தோடு எனக்கு இருந்த உறவு முடிந்தது. இனி மூஸுக்கோ ஆட்டுக்கோ எதற்கும் நான் மனு போடப்போவதில்லை. நான் சேர்த்த புள்ளிகளோடு நிம்மதியாகச் சாவேன். நீயும் இனி என் வீட்டு மேசையில் வாய் நிறையச் சாப்பிடு, யோசனை சொல்லாதே. வராமலே இருந்தாலும் மனவருத்தம் இல்லை.

உன் நீச்சல் குளம் நிறைந்திருக்கவும், உன் தலையில் மிச்சமிருக்கும் முடி நிலைத்திருக்கவும், உன் வீட்டுக் குளிர்சாதனம் கோடை முழுவதும் பழுதின்றி ஓடவும் கர்த்தர் அருள்புரிவாராக. மார்லிஸ் தன் அன்பைச் சொல்லச் சொன்னாள், நான் சொல்லிவிட்டேன்.

இப்படிக்கு,
கூடப் போனவனும் தூக்கினவனுமான
ஓர்வல்

பி.கு.: இந்தக் கடிதத்தைப் படித்துவிட்டு, கோபம் ஆறட்டும் அப்புறம் அனுப்பலாம் என்று மார்லிஸ் ரொட்டிப் பெட்டிக்கு மேலே வைத்திருந்தாள். இப்போது ஜூன். மனு போட மாட்டேன் என்று எழுதிய கை அந்த வாரமே மலை ஆட்டுக்கு மனு போட்டுவிட்டது, பழக்கதோஷம். துணைக்கு இருக்கட்டும் என்று அவளும் ஒன்று போட்டாள். இன்று காலை முடிவு வந்தது. எனக்கு ஒரு புள்ளி கூடியிருக்கிறது. அவளுக்குப் புள்ளி வரவில்லை, ஆடு வந்திருக்கிறது. மலை ஆடு என்பது மேகம் உரசும் செங்குத்துப் பாறையில் நின்று மேய்கிற பிராணி என்பதும், சுட்டால் அது எந்தப் பக்கம் விழும் என்பதும் உனக்குத் தெரிந்திருக்கும். டுவேனுக்கு இந்த வாரம் திடீரென்று காது கேட்காமல் போய்விட்டது. கொம்பிலிருந்து துணிகளை எடுத்துவிட்டோம், உனக்காகத் துடைத்து வைத்திருக்கிறேன். செப்டம்பர் முழுக்க எங்களோடு தங்கும்படி அன்புடன் அழைக்கிறேன் மச்சான். முழங்கால்கள் இரண்டும் நன்றாக இருக்கின்றனவா என்று உன் அக்கா கேட்கச் சொன்னாள்.