கிரேன் அங்கிளும் பன்னிரண்டு ஆட்டுக்குட்டிகளும்

ஒரு மில்லிமீட்டர் கோணலை வெறும் கண்ணால் கண்டுபிடிக்கக்கூடிய மனிதர் மலேசியாவின் கிள்ளான் வட்டாரத்திலேயே ஒருவர்தான் இருந்தார். அந்த மனிதரைத்தான் நான், மூன்று வயது நிரம்பாத பன்னிரண்டு பிள்ளைகளுக்கு ஈஸ்டர் கைவேலை சொல்லிக்கொடுக்க அழைத்துக்கொண்டு போனேன். என் புத்திசாலித்தனத்துக்கு இதற்கு மேல் சான்று தேவையில்லை.

அவருடைய அப்பா அம்மா வைத்த பெயர் எங்கள் வரிசை வீடுகளில் யாருக்கும் தெரியாது. போர்ட் கிள்ளானில் கப்பலிலிருந்து கொள்கலன் இறக்கும் ராட்சதக் கிரேனை ஓட்டி ஓய்வு பெற்றவர், அதனால் கிரேன் அங்கிள். பார்சல் கொண்டுவருபவன் முழுப் பெயரைப் படித்துக் காட்டி வீடு எது என்று கேட்டால், "அப்படி ஒருத்தரும் இங்க இல்லையே" என்று நாங்களே மனசாட்சி உறுத்தாமல் திருப்பி அனுப்பிவிடுவோம்.

ஓய்வு பெற்ற பிறகும் அந்தக் கண்ணுக்கு மட்டும் ஓய்வு கிடைக்கவில்லை. விசேஷ வீட்டு வாசலில் கிடக்கும் செருப்புகளை ஜோடி சேர்த்து, அளவு வாரியாக அடுக்கிவிட்டுத்தான் உள்ளே போவார். வாழையிலைச் சாப்பாட்டுக் கடையில் தன் இலையை மேசை விளிம்புக்கு நேராக வைத்த கையோடு, பக்கத்து மேசைக்காரரின் இலையையும் நகர்த்திவிடுவார். அந்த ஆள் அப்போது ரசம் ஊற்றிக்கொண்டிருப்பார் என்பதெல்லாம் அங்கிளுக்குப் பொருட்டல்ல. ஒருநாள் காலை நான் பெட்டாலிங் ஜெயா ஆபீசுக்குக் கிளம்பும் அவசரத்தில் பல் துலக்கிக்கொண்டிருந்தபோது வாசலில் மணி அடித்தார்.

"டீச்சர், உங்க காடி பின் டயர் கோட்டுக்கு வெளிய ரெண்டு விரல் நிக்குது லா."

"இப்பவே எடுக்கத்தானே போறேன் அங்கிள்!"

"எடுக்கிற வரைக்கும் கோணலாத்தானே நிக்கும்?"

வாயில் நுரையோடு போய் வண்டியை நேராக நிறுத்திவிட்டு வந்தேன். ஐந்து நிமிடம் கழித்து அதையே எடுத்துக்கொண்டு ஆபீசுக்குப் போனேன்.

என்னை அவர் டீச்சர் என்று கூப்பிட்டதற்குக் காரணம் எங்கள் சர்ச்சின் குட்டிப் பிள்ளைகள் வகுப்பு. சனிக்கிழமை மாலை தாய்மார்கள் பாடகர் குழுவில் பயிற்சி எடுக்கும் நேரத்தில், பக்கத்து அறையில் அவர்களுடைய பிள்ளைகளை நான் பார்த்துக்கொள்வேன். எனக்குக் கல்யாணம், குடும்பம் என்று ஒன்றும் அமையவில்லை. வாரத்தில் ஐந்து நாள் கம்ப்யூட்டர், ஞாயிறு சர்ச், மற்ற நேரம் டிவி. அந்தச் சனிக்கிழமை இரண்டு மணி நேரம்தான் என்மேல் யாராவது ஏறி உட்காரும் நேரம். அது போனால் எனக்கு என்ன மிஞ்சும் என்று யோசிக்கவே பயமாக இருக்கும்.

அப்படிப்பட்ட வகுப்புக்குத்தான் அந்த வருடம் ஆபத்து வந்தது. சத்தம் தாங்கவில்லை, சுவரில் கிறுக்கல், அந்த அறையை ஒலிபெருக்கிச் சாமான் வைக்கும் ஸ்டோராக மாற்றலாம் என்று சபைக் கமிட்டியில் பேச்சு கிளம்பியது. கமிட்டியின் செயலாளர் ஆன்டி கறாரான பெண்மணி. என்னைக் கூப்பிட்டு நிபந்தனை போட்டார்.

"ஈஸ்டர் அன்னிக்கு உன் பிள்ளைங்க கையால செஞ்ச ஏதாவது ஒண்ண எடுத்துக்கிட்டு, தானா நடந்து வந்து, ஆல்டர் பீடத்து முன்னால வெச்சிட்டுத் திரும்பணும். ஒரு பிள்ளை அழுதாலும் அந்த ரூம் ஸ்டோர்தான். சரியா?"

சரி என்று சொல்லிவிட்டு, கைக்குக் கிடைத்த காலி முட்டை அட்டைகளையும் பேப்பர் பிளேட்டுகளையும் வீட்டு வாசலில் மலைபோல் குவித்து வைத்துக்கொண்டு முழித்தேன். வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து கிரேன் அங்கிள் அந்த மலையைப் பார்த்தார். அது சாய்ந்திருந்தது. அவரால் பொறுக்க முடியவில்லை. அடுக்க வந்தவர் விஷயத்தைக் கேட்டார், கேட்டதும் "நான் வரேன்" என்றார்.

"அங்கிள், அது சர்ச்சு." அவர் நெற்றியில் பட்டை பட்டையாகத் திருநீறு இருந்தது.

"இருக்கட்டுமே. பிள்ளைங்க எங்க இருந்தாலும் ஒரே மாதிரிதான் ஒட்டும்."

முதல் சனிக்கிழமை அவர் வந்த கோலத்தை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். ஆரஞ்சு நிறப் பாதுகாப்புச் சட்டை, இரும்பு மூக்கு பூட்ஸ், கழுத்தில் விசில். பிள்ளைகளை வரிசையாக உட்கார வைத்து, முழங்கால் காதைத் தொட அவர்களுடைய குட்டி நாற்காலியில் தானும் உட்கார்ந்து, வேலை தொடங்குமுன் பாதுகாப்பு விளக்கம் கொடுத்தார். நான் வாங்கி வைத்திருந்த பிளாஸ்டிக் உருண்டைக் கண்களை ஒரு பார்வை பார்த்தார். "இது நேரா தொண்டைக்குப் போகும்" என்று பறிமுதல் செய்து தன் பாக்கெட்டில் போட்டுக்கொண்டார். பதிலுக்குக் கறுப்புப் பேப்பரைப் பெரிய பெரிய வட்டமாக வெட்டித் தந்தார். கடைப் பசைக்கும் தடை. கோதுமை மாவைக் கொதிக்கும் தண்ணீரில் கிளறித் தானே பசை காய்ச்சிக்கொண்டு வந்திருந்தார்.

"வாயில போனாலும் ஒண்ணும் ஆவாது" என்றார் பெருமையாக.

வாயில்தான் போனது. பாதி உருளைக்கிழங்கைச் சாயத்தில் முக்கிக் காகிதத்தில் குத்தினால் அழகான முட்டை வரும், அதன் பக்கத்தில் வெட்டி வைத்த முயலை ஒட்ட வேண்டும், அன்றைய வேலை அவ்வளவுதான். முட்டை வந்தது. முயலை ஒட்டப் பசை இல்லை. ஜோயல் என்ற பொடியன் கிண்ணத்தை வழித்துவிட்டு, "கிரேன், இன்னும்" என்று நீட்டினான். அங்கிளுக்குக் கோபம் வரும் என்று பார்த்தேன். அவரோ அடுத்த வாரத்துக்கு இரண்டு மடங்காகக் காய்ச்சிக்கொண்டு வந்தார்.

மீந்துபோன முயல்களைக் கையில் வைத்துக்கொண்டு அவர் என்னைத் தனியாக ஓரம் கட்டினார்.

"டீச்சர், முயல் முட்டை போடுமா?"

"போடாது அங்கிள்."

"அப்ப எதுக்கு முட்டையோட நிக்குது?"

"அது வந்து... முட்டையைக் கொண்டுவந்து பிள்ளைங்களுக்குக் குடுக்கும்."

"கோழியோட சரக்குக்கு முயல் டெலிவரி. அதுக்குப் பேப்பர், பர்மிட்டு ஏதாவது இருக்கா? போர்ட்டுல இந்த மாதிரி வந்திருந்தா கேட்டுலயே நிறுத்தியிருப்பான்."

பாஸ்டரிடம் கேட்டேன். அவர் முயலை விட்டுவிட்டு, இயேசுவை ஆட்டுக்குட்டி என்றுதானே சொல்கிறோம், ஆட்டுக்குட்டி செய்யுங்களேன் என்றார்.

இரண்டாம் சனிக்கிழமை ஆட்டுக்குட்டி. செய்முறை ரொம்ப எளிது. பேப்பர் பிளேட்டில் பசை தடவி, பஞ்சைப் பிய்த்து ஒட்டி, முகத்துக்கு ஒரு கறுப்பு அட்டை, அதற்கு இரண்டு வெள்ளைக் கண். அங்கிள் வெள்ளைப் பேப்பரிலும் ஒரு டப்பா நிறைய வட்டம் வெட்டியிருந்தார். பிள்ளைகள் தங்கள் கலையைக் காட்டினார்கள். ஜோயல் ஒரு கண்ணை வாலில் ஒட்டினான். ஷெரின் தன் ஆட்டுக்கு ஐந்து கண் வைத்தாள். ஒருத்தி மொத்தப் பஞ்சையும் உருட்டி மூக்கு நுனியில் அப்பிவிட்டு, மீதி உடம்பை மொட்டையாக விட்டாள். அங்கிள் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நடந்தார். ஒரு கை மற்றக் கையை நகரவிடாமல் இறுக்கிப் பிடித்திருந்ததை நான் பார்த்தேன். பார்த்தும் எனக்கு உறைக்கவில்லை. காயட்டும் என்று பன்னிரண்டு ஆடுகளையும் மேசைமேல் விட்டுவிட்டு வீட்டுக்குப் போனோம்.

மூன்றாம் சனிக்கிழமை ஈஸ்டருக்கு முந்திய நாள். ஒத்திகைக்கு வந்த பிள்ளைகள் மேசைக்கு ஓடினார்கள். ஓடியவர்கள் அப்படியே நின்றார்கள்.

மேசைமேல் பன்னிரண்டு ஆட்டுக்குட்டிகள் நான்கு நான்காக மூன்று வரிசையில் நின்றன. ஒவ்வொன்றுக்கும் இரண்டே கண், ஒரே உயரத்தில், ஒரே இடைவெளியில். பஞ்சு விளிம்பெல்லாம் கத்தரித்துச் சீராக இருந்தது. எது யாருடையது என்று சொல்ல அவற்றைப் பெற்றவர்களாலும் முடியாது.

"புதன்கிழமை வந்து லேசா கரெக்ஷன் பண்ணேன்" என்றார் கிரேன் அங்கிள் கூச்சத்தோடு. ஸ்கேல் வைத்து அளந்திருக்கிறார் மனிதர்!

ஜோயல் ஒவ்வொரு ஆட்டையும் திருப்பித் திருப்பி வாலைப் பார்த்தான். எந்த வாலிலும் கண் இல்லை. "என் ஆடு காணோம்" என்றான். உதடு பிதுங்கியது. அவன் ஆரம்பித்தான், ஷெரின் பிடித்துக்கொண்டாள், அரை நிமிடத்தில் பன்னிரண்டு பேரும் தொண்டை கிழிய அலறினார்கள். பக்கத்து அறையில் அல்லேலூயா நின்றுபோனது. கதவைத் திறந்துகொண்டு செயலாளர் ஆன்டி வந்து நின்றார்.

எனக்கு வந்த ஆத்திரத்தில், "யாரு அங்கிள் உங்களைத் தொடச் சொன்னா? கெடுத்துட்டீங்களே!" என்று கத்திவிட்டேன். வயதானவரைப் பிள்ளைகள் முன்னால் அப்படிப் பேசியதற்கு இன்றைக்கும் வெட்கப்படுகிறேன். அவர் முகம் சுருங்கிவிட்டது.

ஆன்டி மேசையைப் பார்த்தார். "பரவாயில்லையே, பார்க்க ஆடு மாதிரியே இருக்கு. இதையே வெச்சுடுங்க. சின்னப் பிள்ளைங்களுக்கு என்ன தெரியப் போவுது?"

பாராட்டை வாங்கிக்கொண்டு அங்கிள் தப்பித்திருக்கலாம். அவர் மெதுவாகத் தலையை ஆட்டினார்.

"இல்ல மேடம். சரக்கு மாறிப்போச்சு. அவங்க அவங்க ஆடு அவங்களுக்குத் தெரியுது பாருங்க." பிறகு என் பக்கம் திரும்பினார். "டீச்சர், கிரேன் மேல உட்கார்ந்தா கீழ ஒண்ணும் சரியாத் தெரியாது. கீழ நிக்கிற சிக்னல்மேன் கை காட்டுவான். அவன் காட்டுற இடத்துலதான் பெட்டியை வெக்கணும். என் இஷ்டத்துக்கு ஒருநாளும் ஒரு பெட்டியை வெச்சதில்ல. இங்க வந்து எப்படி இப்படிப் பண்ணேன்னு தெரியல."

சொல்லிவிட்டு விசிலை எடுத்து ஒரே ஊது. அழுகை நின்றது. தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, ஜோயலைக் கூப்பிட்டு எதிரில் நிறுத்திக்கொண்டார். "பாஸ், நீதான் சிக்னல்மேன். நான் சும்மா ஓட்டுறவன். கண்ணு எங்க போவுது? கை காட்டு."

ஜோயல் மூக்கை உறிஞ்சிக்கொண்டே விரலை நீட்டினான். ஆட்டின் முகத்திலிருந்து வெள்ளை வட்டத்தை உரித்த அங்கிளின் இரண்டு விரல்கள் அந்தரத்தில் மெல்ல நகர்ந்தன. "போகட்டா? இன்னும்? இன்னும்?" வாலுக்கு மேல் வந்ததும் ஜோயல் கையை விரித்து, "ஸ்டாப்!" என்றான். கண் இறங்கியது. அறை முழுக்கக் கைதட்டல். அடுத்த நொடியே பன்னிரண்டு சிக்னல்மேன்களும் அவரை மொய்த்துக்கொண்டார்கள். ஷெரின் இந்தத் தடவை ஏழு கண் கேட்டாள். மறுபேச்சில்லாமல் ஏழையும் வைத்தார். நெற்றித் திருநீறெல்லாம் வியர்வையில் கரைந்து வழிந்தது. ஒவ்வொரு கண்ணையும் கோணலாக ஒட்டும்போது அந்த மனிதர் பட்ட அவஸ்தை எனக்குத் தெரியும், பல்லைக் கடிக்கும் சத்தமே கேட்டது. செயலாளர் ஆன்டி கதவைச் சாத்திக்கொண்டு போனார்.

மறுநாள் ஈஸ்டர். சர்ச் நிரம்பி வழிந்தது. கஞ்சி போட்டுத் தேய்த்த வெள்ளைச் சட்டையில் அங்கிள் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தார். பிள்ளைகள் பன்னிரண்டு பேரும் ஆடுகளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நடக்க ஆரம்பித்தார்கள்.

பாதி தூரத்தில் ஜோயல் நின்றுவிட்டான். வாலில் இருந்த கண் கழன்று கீழே விழுந்திருந்தது. சபையே பார்க்க, அவன் குனிந்தான், கண்ணை எடுத்தான், நாக்கை நீட்டி அதை நன்றாக நக்கினான், வாலில் வைத்து அழுத்தினான். மாவுப் பசை ஒட்டிக்கொண்டது. நிமிர்ந்து நடந்தான்.

ஒரு பிள்ளைகூட அழவில்லை. அழுதது ஒரே ஒருவர்தான், கடைசி வரிசையில், கைக்குட்டைக்குள் கப்பல் சங்கு ஊதுவதுபோல் மூக்கைச் சிந்திக்கொண்டு. அவர் பிள்ளை இல்லை என்பதால் அது நிபந்தனையில் சேராது.

ஆராதனை முடிந்து வெளியே வந்த செயலாளர் ஆன்டி என்னைக் கடந்து போகும்போது நிற்காமலே சொன்னார்: "அடுத்த வருஷம் வெள்ளைப் பேப்பர் கொஞ்சம் அதிகமா வாங்கி வெச்சுக்க. அந்தப் பொண்ணு பத்துக் கண்ணு கேப்பா."

ஜோயல் தன் ஆட்டை வீட்டுக்குக் கொண்டுபோக மாட்டேன் என்றுவிட்டான். "கிரேனுக்கு" என்று அவர் மடியில் போட்டுவிட்டு ஓடிப்போனான்.

அடுத்த வாரம் அவரிடம் மன்னிப்புக் கேட்கலாம் என்று அவர் வீட்டுக்குப் போனேன். டீ போட்டுக் கொடுத்தார். நான் எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் சுற்றுமுற்றும் பார்த்தேன். சாமி அறையில் முருகனும் பிள்ளையாரும் லட்சுமியும் ஒரே மட்டத்தில், நூல் பிடித்ததுபோல் வரிசையாக இருந்தார்கள். முருகனுக்குப் பக்கத்தில் ஜோயலின் ஆட்டுக்குட்டி தொங்கியது. அது மட்டும் சாய்ந்து தொங்கியது. இத்தனை வருடம் அவர் பக்கத்து வீட்டில் இருந்த பழக்கத்தில் என் கை தானாகப் போய் அதை நேராக்கப் பார்த்தது.

"தொடாதீங்க டீச்சர்" என்று பதறிக்கொண்டு எழுந்தார் அங்கிள். "அவன் என் மடியில போட்டப்ப அப்படித்தான் சாஞ்சு விழுந்துச்சு."

மன்னிப்பெல்லாம் எனக்கு மறந்துவிட்டது. அந்த மனிதரை அப்படியே கட்டிப்பிடித்துக்கொள்ள வேண்டும்போல் இருந்தது. நம் ஊரில் அதற்கெல்லாம் ஏது பழக்கம், அதனால் இன்னொரு கப் டீ கேட்டு வாங்கி, அதையும் மெதுவாகக் குடித்துவிட்டு வந்தேன்.