இருபத்தைந்து கிலோ, பளபளப்பாக

இரண்டே பேர் கலந்துகொண்ட போட்டியில் இரண்டாம் பரிசுகூட வாங்காமல் வீடு திரும்பியவர்கள் உலகத்தில் அதிகம் இருக்க முடியாது. நான் இருக்கிறேன். அதுவும் தனியாகத் திரும்பவில்லை. ஒரு வேன் நிறைய சொந்தக்காரர்களோடும், ஒரு மேளக்காரரோடும் திரும்பினேன். (அவர் வழியில் வாசிக்கவில்லை. அவருக்கும் மனசு என்று ஒன்று இருக்கிறதல்லவா.)

தொண்ணூறுகளின் நடுவில் நடந்தது. எனக்கு வயது பத்தொன்பது, எடை நூற்றுப் பத்து கிலோ. சொந்த ஊர் உடுமலைப்பேட்டை. அப்பாவுக்கு அங்கே தேங்காய் மண்டி. என்னை இன்ஜினியராக்கக் கோயமுத்தூரில் ஒரு கல்லூரியில் சேர்த்தவர், ஹாஸ்டல் சாப்பாடு எனக்கு ஒத்துவராது என்று கணபதியில் இருந்த மாமா வீட்டில் தங்கவைத்தார். (ஹாஸ்டலுக்குத்தான் நான் ஒத்துவந்திருக்க மாட்டேன்.) எங்கள் பக்கத்து ஆட்கள் யாரையும் முகத்துக்கு நேரே குண்டு என்று சொல்ல மாட்டார்கள், மரியாதையில்லை. "தம்பி நல்லா வாட்டசாட்டமா இருக்காருங்க" என்பார்கள். சொல்லிவிட்டுத் தங்கள் ஸ்கூட்டரைச் சற்றுத் தள்ளி நிறுத்திக்கொள்வார்கள்.

அந்த வருடம் ஒலிம்பிக்ஸ். மாமா வீட்டு டீவியில், ஏதோ ஒரு நாட்டைச் சேர்ந்த மலை போன்ற மனிதர் ஒருவர் தொடைகள் உரச மேடைக்கு நடந்து வந்தார். அது அப்படியே என் நடை. அவர் பாரத்தைத் தலைக்கு மேல் தூக்கி நிறுத்தியபோது உலகமே எழுந்து நின்று கைதட்டியது. அந்தப் பிரிவுக்கு சூப்பர் ஹெவிவெயிட் என்று பெயர். அப்போதைய விதிப்படி நூற்றெட்டு கிலோவுக்கு மேல் இருக்க வேண்டும், அதற்கு மேல் எல்லையே கிடையாது. இன்னும் கொஞ்சம் சாப்பிட்டால் தகுதி கூடும் என்று என்னிடம் சொன்ன முதல் துறை அதுதான்.

அன்றே என் டிராயிங் நோட்டின் கடைசிப் பக்கத்தில் திட்டம் தயாரானது. அடுத்த ஜூலையில் மாவட்டம். பிறகு மாநிலம், தேசம், ஆசியா. நான்காவது வருடம் ஒலிம்பிக்ஸ். ஆசியாவுக்கு நேராக 'பாஸ்போர்ட்' என்று எழுதி வட்டம் போட்டேன். பார்பெல் என்ற, இரண்டு முனையிலும் எடைத்தட்டு மாட்டிய கம்பியை அன்றுவரை நான் நேரில் பார்த்ததில்லை.

அதற்கு எங்கும் அலைய வேண்டியிருக்கவில்லை. மாமாவின் தொழிலே இரும்பை உருக்கி வார்ப்பது. வீட்டுக்குப் பின்னாலேயே பவுண்டரி. பம்ப்செட் மோட்டாருக்கு வார்க்கிற இடத்தில், மருமகனுக்காக நான்கு வட்டத் தட்டுகள் வார்ப்பது ஒரு வேலையா? மரத்தில் அச்சு செய்து, மணலில் பதித்து, ஒரே நாளில் ஊற்றிவிட்டார்கள். எடை மேடையில் ஏற்றிப் பார்த்தால் ஒவ்வொன்றும் சுத்தமாக இருபத்தைந்து கிலோ. இருபது கிலோவுக்கு ஒரு கம்பியும் தயார். மொத்தம் நூற்றியிருபது.

அதோடு விட்டிருந்தால் இந்தக் கட்டுரையே இல்லை. மணலிலிருந்து வந்த தட்டு கருப்பாக, சொரசொரவென்று, பழைய தோசைக்கல் மாதிரி இருந்தது. டீவியில் பார்த்தது அப்படியா இருந்தது? தட்டுகளை உருட்டிக்கொண்டு லேத் ஓட்டுகிற ஆறுமுகண்ணனிடம் போனேன். அவர் இரண்டு பக்கமும் கடைந்து கொடுத்தார். நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அங்கங்கே பொட்டுப் பொட்டாகக் குழி தெரிந்தது.

"அண்ணா, இன்னொரு கட்டு ஓட்டுங்க."

ஓட்டினார். தட்டில் என் முகம் மங்கலாகத் தெரிந்தது.

"இன்னொன்னுங்ணா."

அவர் மெஷினை நிறுத்திவிட்டுத் துணியில் கையைத் துடைத்தார். "தம்பி, இதுக்கு மேல கடைஞ்சா எளச்சுப் போயிருமுங்க."

"எளைக்கட்டுமுங்ணா. கண்ணாடியாட்ட இருக்கோணும்."

அவர் மெஷினை மறுபடி ஓடவிட்டார். முதலாளியின் மருமகன், தவிர இன்ஜினியரிங் படிக்கிறவன். நான்கு தட்டும் கண்ணாடியாட்டம் வந்தன. லேத்துக்கு அடியில் இரும்புத் தூள் கருப்பாகக் குவிந்து கிடந்தது. அதைத் தாண்டித்தான் தட்டுகளை வெளியே எடுத்து வந்தேன். தாண்டினேன் என்பது நன்றாக ஞாபகம் இருக்கிறது. பிறகு சிவப்புப் பெயின்ட் வாங்கி, ஒவ்வொரு தட்டிலும் என் கையாலேயே '25' என்று எழுதினேன்.

பதினோரு மாதம் பயிற்சி. குரு, பழைய புத்தகக் கடையில் கிடைத்த ஒரு படப் புத்தகம். காலையில் கல்லூரிக்குப் போகிற நேரத்தில் பவுண்டரியில் நிற்பேன். தரையிலிருந்து ஒரே இழுப்பில் தலைக்கு மேல் தூக்குவதற்கு ஸ்நாட்ச் என்று பெயர். முதலில் வெறும் கம்பி, பிறகு இரண்டு தட்டு, எட்டாவது மாதத்தில் நான்கு. டீ வேளையில் பவுண்டரி ஆட்கள் சுற்றி நின்று பார்ப்பார்கள். நூற்றியிருபது தலைக்கு மேல் போகும்போது என் முகம் நான்கு தட்டிலும் தெரியும்.

தினமும் காலையில் மறக்காமல் எடை மேடையில் ஏறி நின்று என் எடையைக் குறித்துக்கொள்வேன், நூற்றெட்டுக்குக் கீழே இறங்கிவிடக் கூடாதே என்று. தட்டுகள் அந்த மேடையிலிருந்து எட்டடி தூரத்தில் சாய்ந்து கிடக்கும். அவற்றை எடுத்து ஒருமுறை அதன் மேல் வைக்க எனக்குத் தோன்றியதே இல்லை. அதான் எழுதியிருக்கிறதே.

இதற்குள் மூன்று பேப்பரில் அரியர் விழுந்தது. தகவல் உடுமலைக்குப் போய், அப்பா நேரிலேயே வந்துவிட்டார். திட்டவில்லை. அவர் திட்ட மாட்டார், விலை பேசுவார்.

"கண்ணு, இதுல என்ன ஆகோணும் உனக்கு?"

"மெட்ராஸ்ல ட்ரெய்னிங் ஹாஸ்டல் இருக்குதுங்ப்பா. மாவட்டத்துல மொதல்ல வந்தா எடுத்துக்குவாங்க."

"அப்படி வந்தீன்னா நானே கூட்டிட்டுப் போயி சேத்தியுடறேன். வரலீன்னா, மூணு அரியரையும் எழுதிப்போட்டு இன்ஜினியராகற வழியப் பாக்கோணும். அப்பறம் இந்த இரும்பத் தொடப்படாது. சம்மதமா?"

"சம்மதமுங்ப்பா."

சம்மதிக்காமல் என்ன? விசாரித்திருந்தேன். என் பிரிவில் என்னைத் தவிர ஒரே ஒருவர்தான், போத்தனூர் காதர் அண்ணன். தொழில் பிரியாணி மாஸ்டர். நூற்று முப்பது கிலோ. முந்தைய வருடம் ஸ்நாட்சில் அவர் தூக்கியது எண்பது. என் நூற்றியிருபதுக்கு எண்பது. எனக்கு அவர் மேல் இரக்கமாகக்கூட இருந்தது.

போட்டி நடந்தது ஒரு கல்யாண மண்டபத்தில். மணமேடை இருக்கும் இடத்தில் பலகை அடித்துப் பாரம் தூக்கும் மேடை. உடுமலையிலிருந்து வேனில் பதினெட்டுப் பேர், ஒரு மேளக்காரர், இரண்டு சாக்கு இளநீர், ஆளுயர மாலை ஒன்று. மண்டபம் என்பதால் எல்லோரும் பழக்கதோஷத்தில் கல்யாணத்துக்கு உட்காருவது போல உட்கார்ந்துகொண்டார்கள். ஒரு சித்தப்பா வந்ததும் பந்தி எங்கே என்று விசாரித்தார். மாமாவும் ஆறுமுகண்ணனும் முன்வரிசையில் இருந்தார்கள்.

எடை பார்த்தார்கள். நூற்றுப் பன்னிரண்டு. பிறகு மேஜையில் தாள் வைத்திருந்த அதிகாரி நிமிராமல் கேட்டார்.

"ஸ்நாட்ச் மொத எடை எத்தனைங்க தம்பி?"

"நூத்தியிருவதுங்க."

பேனா நின்றது. "புதுசுங்களா நீங்க?"

"ஆமாங்க."

"ஒருக்கா தூக்க ஆரம்பிச்சுட்டா அப்பறம் ஏத்தலாம், எறக்க முடியாதுங்க. தெரியுமுங்களா? நூறுன்னு போட்டுக்கட்டுங்களா?"

"எறக்கற பழக்கமில்லீங்க."

இந்த ஒரு வாக்கியத்தை மட்டும் திரும்பப் பெற முடியுமென்றால், மீதி வாழ்க்கையில் சொன்ன எல்லாவற்றையும் அப்படியே வைத்துக்கொள்கிறேன்.

மண்டபத்தின் தட்டுகளைப் பார்த்தேன். கருப்பு ரப்பர் பூசி, ஓரமெல்லாம் தேய்ந்து, பரிதாபமாக இருந்தன. ஒரு பளபளப்பு உண்டா, ஒன்று உண்டா. பின்னால் உடம்பைச் சூடாக்கிக்கொள்ளும்போது அதில் எண்பதைத் தூக்கினேன், வழக்கத்தைவிடக் கொஞ்சம் கனத்தது. காலையில் அத்தை வைத்த அரிசிம்பருப்பு சாதத்தைக் குற்றம் சொன்னேன். (அத்தை, இப்போதாவது மன்னியுங்கள்.)

காதர் அண்ணன் முதலில் எண்பது, பிறகு எண்பத்தைந்து. மூன்றாவதாகத் தொண்ணூறு கேட்டு, அது முழங்காலோடு நின்றுவிட்டது. அண்டாவை இறக்குவது போல அலுங்காமல் கீழே வைத்துவிட்டு, சபைக்குக் கும்பிடு போட்டுவிட்டுப் போனார். என் பெயரைக் கூப்பிட்டார்கள். மேளக்காரர் ஆரம்பிக்க, அதிகாரி கையமர்த்த, நான் தொடைகள் உரச அந்த ஒலிம்பிக் நடையில் மேடையேறினேன்.

குனிந்து பிடித்து இழுத்தேன். கம்பி வரவில்லை. மேடையோடு சேர்த்து ஆணி அடித்துவிட்டார்களோ என்று குனிந்து பார்த்தேன். சபையில் சிரிப்பு. இரண்டாவது முறை முழங்கால் வரை வந்து, அங்கே சற்று யோசித்துவிட்டு இறங்கிப் போனது. அதற்கும் மூன்றாவதற்கும் நடுவே மேஜைக்கு ஓடினேன்.

"சார், நூறு வெக்க முடியுங்களா?"

"நாந்தான் கேட்டனுங்களே தம்பி" என்றார் அவர், உண்மையான வருத்தத்தோடு.

மூன்றாவது முறை கண்ணை மூடிக்கொண்டு இழுத்தேன். கம்பி இடுப்பு வரை வந்தது. அந்தச் சந்தோஷத்தில் புத்தகத்தில் இருந்தபடி அதன் அடியில் பாய்ந்து உட்கார்ந்தேன். நான் உட்கார்ந்தேன், கம்பி வரவில்லை. அது எனக்கு முன்னால் தடாலென்று விழ, நான் பின்னால் தடாலென்று விழுந்தேன். இரண்டில் எந்தச் சத்தம் பெரிது என்று வீட்டில் இன்றுவரை இரண்டு கட்சி உண்டு. மூன்றும் தவறினால் மேற்கொண்டு போட்டியே கிடையாது. பலகையில் காதர் அண்ணன் பெயருக்கு எதிரே ஒன்று என்று எழுதினார்கள். என் பெயருக்கு எதிரே ஒரு கோடு.

கீழே இறங்கினால் பதினெட்டுப் பேரும் மண்டபத்துக் கூரையை ஆராய்ந்துகொண்டிருந்தார்கள். அப்பாதான் எழுந்தார். மாலையை எடுத்துக்கொண்டு நேராகக் காதர் அண்ணனிடம் போய் அவர் கழுத்தில் போட்டார்.

"ஏனுங், நல்லாத் தூக்குனீங்க. நம்மூரு எளனி இருக்குதுங்க, ரெண்டு குடிச்சுப் போட்டுத்தான் போகோணும்."

காதர் அண்ணன் இளநீரோடு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "மொத தடவ எல்லாருக்கும் ஒதறும் தம்பி. ப்ராக்டீஸ்ல எத்தன போவீங்க?"

"நூத்தியிருவது. தெனமும்."

முன்வரிசையில் ஆறுமுகண்ணன் இருமினார். அது இருமல் இல்லை என்று மாமாவுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

"என்றா ஆறுமுகம்?"

"ஒண்ணுமில்லீங்க... அது நூறு இருக்குமுங்க."

வேன் நேராகக் கணபதிக்குப் போனது. பவுண்டரியில் அப்பாவே ஒரு தட்டை உருட்டி வந்து எடை மேடையில் ஏற்றினார். முள் ஆடி, நின்றது. இருபது. அடுத்தது இருபது. நான்கும் இருபது. கம்பி மட்டும் யோக்கியமாக இருபது, அதை நான் கடையச் சொல்லவில்லை. ஆக நூறு. தினமும் நூறு தூக்கிய நான், எண்பத்தைந்து ஜெயித்த போட்டியில், ஒன்றும் தூக்காமல் வந்திருந்தேன்.

"ஏண்ணா, பதினோரு மாசமா ஒரு வார்த்த சொல்லக்கூடாதுங்களா?" என்று அவர் மேல் பாய்ந்தேன்.

"சொன்னனுங்களே தம்பி. எளைக்கட்டும்னீங்க." ஆறுமுகண்ணன் கலங்கிப்போய் நின்றார். "அப்பறமும் இருவத்தஞ்சுன்னு எழுதி வெச்சிருந்தீங்க. படிச்சவரு, அதுல ஏதோ கணக்கு இருக்கும்னு நெனச்சுப்போட்டனுங்க."

"நானும் அப்படித்தான் நெனச்சேன் மாப்ளே" என்றார் மாமா.

அப்பா தட்டைத் திருப்பி, அதில் தெரிந்த தன் முகத்தைப் பார்த்தார். மீசையை ஒருமுறை ஒதுக்கிக்கொண்டார். பிறகு அவர் தோள் குலுங்க ஆரம்பித்தது. அழுகிறார் என்று நினைத்துக் கிட்டே போனேன். சிரித்துக்கொண்டிருந்தார்.

"நூறு தூக்குனதென்னமோ நெசந்தான கண்ணு" என்றார், கண்ணைத் துடைத்துக்கொண்டே. நான் வாயைத் திறப்பதற்குள், "ஆனாப் பேச்சு பேச்சுதான். அரியரு மூணு."

மூன்றையும் எழுதினேன். இப்போது ஒரு பம்ப் கம்பெனியில் தரப் பரிசோதனைப் பிரிவில் இருக்கிறேன். லேத்திலிருந்து எது வந்தாலும் மறுபடி எடை போடாமல் கையெழுத்து வைப்பதில்லை. என் உபத்திரவம் தாங்க முடியவில்லை என்று மேலதிகாரியிடம் புகார்கூடப் போயிருக்கிறது. தட்டுகளில் ஒன்று மாமா வீட்டுத் தண்ணீர்த் தொட்டிக்கு மூடி. இன்னொன்று கதவுக்கு முட்டுக்கொடுக்கிறது. மற்ற இரண்டும் பவுண்டரியில் எங்கோ இருக்கின்றன. சிவப்புப் பெயின்ட் இன்னும் போகவில்லை.

எங்கள் வீட்டில் அன்றிலிருந்து கிலோவில் இரண்டு ஜாதி. காய்கறிக்காரர் எடை போட்டால், "ஊரு கிலோங்களா, எங்க பையன் கிலோங்களா?" என்று அம்மா கேட்பார். அவருக்கு ஒன்றும் புரியாது, ஆனால் ஒரு தக்காளியைக் கூடப் போடுவார்.

போன மாதம் எனக்குப் பெண் குழந்தை பிறந்தது. ஆஸ்பத்திரி வராந்தாவிலிருந்து உடுமலைக்குப் போன் போட்டேன். "பொண்ணுங்ப்பா. ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க. மூணே முக்கால் கிலோ."

அந்தப் பக்கம் 'மூணே முக்கால், மூணே முக்கால்' என்று சொல்லிப் பார்த்துக்கொண்டார். தாத்தாவாகிவிட்ட சந்தோஷம் போலிருக்கிறது என்று நினைத்தேன்.

"ஏங்கண்ணு," என்றார் அப்பா, "எடை போட்டது நர்ஸம்மாளா, நீயா?"