மூட்டை நடந்த விஷயம்

திங்கட்கிழமை காலை பத்தேகாலுக்கு மூட்டை நடந்துவிட்டான். துணி மாற்றும் மேஜையைப் பிடித்துக்கொண்டு நின்றவன், பிடியை விட்டு நாலு எட்டு வைத்து, ஆயாம்மாவின் முழங்காலைக் கட்டிக்கொண்டு சிரித்தான்.

"அடப்பாவி, யாரைக் கேட்டுடா நடந்த?" என்றாள் ஆயாம்மா.

குழந்தைகள் காப்பகத்தின் கீழ் அறையில் பதினெட்டு வருஷமாகக் கைக்குழந்தைகளைத் தூக்கித் தூக்கி இடுப்பைத் தொலைத்தவள் அவள். எந்தக் குழந்தை குப்புற விழுந்தாலும், பல் முளைத்தாலும், பெற்றவளுக்கு முன்னால் அவள் கண்ணில்தான் பட்டுத் தொலைக்கும். இரண்டு மாதத்துக்கு முன்பு மூட்டை முதல்முதலாக "ம்மா" என்றபோது, வாயை வைத்துக்கொண்டு சும்மா இராமல் சாயங்காலமே அவன் அம்மாவிடம் சொல்லிவிட்டாள். துணிக்கடையில் நாள் முழுக்க நின்றுகொண்டே வேலை பார்க்கிற அந்தப் பெண் வாசற்படியிலேயே உட்கார்ந்து அழுதாள்.

"என்னைக் கூப்பிட்டிருக்கான் ஆயாம்மா. நான்தான் பக்கத்துல இல்ல."

அது ஆயாம்மாவை இன்னும் உறுத்திக்கொண்டிருந்தது. முதல் நடையையாவது அவள் கண்ணாலேயே பார்க்கட்டும். அதுவரை மூச்சு விடக் கூடாது.

சாயங்காலம் நாலு வயதான மூத்த மகளைக் கையில் பிடித்துக்கொண்டு அம்மா வந்தாள்.

"இன்னிக்கு ஏதாவது புதுசா பண்ணானா ஆயாம்மா?" கேட்கும்போதே முகம் வெளிறியிருந்தது. பாவம், எத்தனை ஏக்கம்!

"ஒண்ணும் இல்லம்மா. தின்னான், தூங்கினான்."

"எழுந்து கிழுந்து நின்னானா?"

"நிக்கறதாவது! உக்காரவே சோம்பேறித்தனம்."

அம்மா நீளமாகப் பெருமூச்சு விட்டாள்.

செவ்வாய்க்கிழமை மூட்டை ஓடவே ஆரம்பித்தான். யாராவது பார்த்து அம்மாவிடம் உளறிவிட்டால்? ஆயாம்மா அவனை இடுப்பிலிருந்து இறக்கவே இல்லை. பதினோரு கிலோ. பேர் வைத்தவளே அவள்தான், யாரை நோவது? சாயங்காலம் நிமிர முடியாமல் நின்றவளைப் பார்த்து அம்மா சொன்னாள்:

"நாளைக்கும் தூக்கியே வச்சுக்குங்க ஆயாம்மா. கீழ மட்டும் விட்டுடாதீங்க."

அதற்கு மேல் இடுப்பு ஒத்துழைக்கவில்லை. புதன்கிழமை வேறு வழி பார்த்தாள். ஐம்பத்திரண்டு வயதில் முட்டி போட்டுத் தவழ்ந்தாள்.

"இப்படி வா கண்ணு. இதுதான் ஜோர். நடக்கறது எல்லாம் கால் வலி."

மூட்டைக்கு விளையாட்டு பிடித்துவிட்டது. அறை முழுக்க அவள் பின்னாலேயே தவழ்ந்தான். அந்த நேரம் பார்த்தா மேனேஜரம்மா வளர்ச்சி அட்டையும் கையுமாக உள்ளே வர வேண்டும்?

"நீங்க ஏன் தவழறீங்க?"

"ஊக்கு விழுந்துடுச்சு, தேடறேன்."

"சரி, இவனுக்கு ஒண்ணேகால் வயசாச்சு. இன்னும் நடக்கலியா? நடந்தா மாடி ரூமுக்கு மாத்தணும், இந்த இடத்துக்கு ஆள் காத்திருக்கு. போன வாரம் நிக்கறான்னு நீங்கதானே சொன்னீங்க?"

"நின்னான். இப்ப நிக்கறதில்ல."

சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள். மேனேஜரம்மாவுக்கு முகமே மாறிவிட்டது.

"நின்னது நின்னுபோச்சா? ஐயையோ, நாளைக்கே டாக்டரை வரவழைக்கிறேன்!"

வியாழக்கிழமை டாக்டர் வந்தார். துணிக்கடையிலிருந்து மூச்சிரைக்க அம்மாவும் வந்தாள், பள்ளியிலிருந்து பிடுங்கி வந்த மூத்தவளோடு. டாக்டர் மூட்டையைப் பாயில் விட்டார். அவன் ஆயாம்மாவைப் பார்த்தான், சிரித்தான், மண்டி போட்டுத் தவழ்ந்து அவள் காலடிக்கு வந்து சேர்ந்தான். நேற்றுப் படித்த பாடம் அப்படியே மனதில் நின்றிருந்தது.

"தசையில ஏதோ பலவீனம் மாதிரி இருக்கு. முதல்ல ரத்தம் எடுத்துப் பார்த்துடலாம்" என்றார் டாக்டர்.

"ரத்தமா?" என்றாள் அம்மா.

ஆயாம்மா கணக்குப் போட்டுப் பார்த்தாள். சொன்னால் அந்தப் பெண்ணின் முதல் நடை பாழ். சொல்லாவிட்டால் பிள்ளைக்கு ஊசி. போகட்டும், நடையாவது ஒன்றாவது!

"டாக்டர், வந்து..." என்று அவள் ஆரம்பிக்க, அம்மாவும் அதே நேரம் "டாக்டர், வந்து..." என்றாள்.

அதற்குள் டாக்டர் ஊசியை வெளியே எடுத்துவிட்டார். மூட்டை பார்த்தான். எழுந்தான். அறையை இரண்டு சுற்று தடதடவென்று ஓடி, ஆயாம்மாவின் புடவைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டான்.

"நடக்கிறான்!" என்று ஆயாம்மா கத்தினாள்.

"ஆமாம், நடக்கிறான்!" என்று அம்மாவும் கத்தினாள், கொஞ்சம் தாமதமாக.

ஆயாம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நாலு நாள் வலியும் இடுப்பை விட்டு இறங்கினாற்போல் இருந்தது.

"பாத்தியாம்மா? முதல் அடி! உன் கண்ணு முன்னாடியே வச்சுட்டான்!"

அம்மா அவள் தோளில் சாய்ந்து தேம்பினாள். ஷூ நாடாவை இழுத்துக்கொண்டிருந்த மூத்தவளுக்கு இதெல்லாம் அலுத்துவிட்டது.

"அவன் வீட்டுல போன வாரமே நடந்துட்டான். இங்க தெரிஞ்சா ஆயாம்மாகிட்டேருந்து பிரிச்சு மாடிக்கு அனுப்பிடுவாங்கன்னு, அம்மாதான் யார்கிட்டயும் மூச்சு விடக் கூடாதுன்னு சொன்னாங்க."