தண்ணீர்ப் பாம்புக்குச் சிவப்பு டேக்

ஒரு பாம்பை ஏரிக்கே ஆபத்து என்று அறிவித்து, அதற்காகத் தொழிற்சாலை லைனை இரண்டு மணி நேரம் நிறுத்தியவன் நான். இதை நானே சொல்லிவிடுவது நல்லது. என் மனைவி சொன்னால் அது ஆறு மணி நேரமாகிவிடும் (போன தீபாவளிக்கு ஒரு நாள் முழுக்க என்றாள்).

அப்போது சென்னையை அடுத்த ஒரகடத்தில் ஏரியை ஒட்டிய ஓர் உதிரிபாகக் கம்பெனியில் நான் குவாலிட்டி டிரெய்னி. சொந்த ஊர் கோவில்பட்டிப் பக்கம் கரிசல் காடு. படப்பையில் நாலு பேரோடு ஓர் அறையில் குடியிருந்தேன். அடுத்த வாரம் பெர்மனன்ட் ஆர்டர் வரவேண்டும். வந்தால் தனியாக வீடு பிடித்து அம்மாவை அழைத்துக்கொள்ளலாம். அம்மா ஏற்கெனவே பாத்திரங்களை மூட்டை கட்டி வைத்துவிட்டாள். அதனால் அந்த நாட்களில் கண்ணில் பட்டதற்கெல்லாம் சிவப்பு டேக் போட்டேன். எங்கள் வழக்கம் அது. சந்தேகப்பட்ட பொருளைச் சிவப்பு டப்பாவில் போட்டு டேக் மாட்டிவிட்டால், விசாரணை முடியும்வரை அதோடு வந்த சரக்கு எதையும் யாரும் தொடக்கூடாது.

போதாத காலம், பாம்பு வந்ததற்கு முந்தின நாள் சாயங்காலம் ஷிப்ட் பஸ்ஸில் ஒரு வீடியோ பார்த்துத் தொலைத்தேன். அமெரிக்காவில் ஏதோ சதுப்பு நிலம். ஆசைக்கு வளர்த்த வெளிநாட்டு மலைப்பாம்புகளை யாரோ அங்கே விட்டுவிட, அவை பெருகி, முயல், பறவை என்று அகப்பட்டதையெல்லாம் விழுங்கித் தீர்த்தனவாம். இறங்கும்போது அந்தச் சதுப்பு நிலத்தைக் காப்பாற்றும் பொறுப்பு எனக்குத்தான் என்று தோன்றிவிட்டது.

மறுநாள் காலை, கடல் தாண்டி வந்த கன்டெய்னரிலிருந்து பெட்டிகளை இறக்கும்போது, ஒன்றின் அடியிலிருந்து ஒரு பாம்பு தலையை நீட்டி வெளியே வந்தது. மஞ்சளும் கறுப்புமாகக் கட்டம் போட்ட உடம்பு. கரிசல் காட்டில் விரியன் பார்த்திருக்கிறேன். தண்ணீர்ப் பாம்பைப் பார்க்க எங்கள் ஊரில் தண்ணீர் வேண்டுமே!

“யாரும் கிட்ட வராதீங்க! இது இம்போர்ட்டட்!” என்று கத்திக்கொண்டே சிவப்பு டப்பாவை அதன்மேல் கவிழ்த்தேன். டேக்கை நிரப்பி ஒட்டினேன். பொருள்: பாம்பு. குறை: வெளிநாடு.

லைனில் அசெம்ப்ளி பார்க்கும் தேவகி எட்டிப் பார்த்தாள். ஏரிக்கரை ஊர்க்காரி, என் வயதுதான்.

“இன்னா சார், தண்ணிப் பாம்பப் புட்ச்சி வச்சிகினு கீறீங்க? எங்க ஏரி ஃபுல்லா இதான் கீது.”

“உங்களுக்குத் தெரியாதும்மா. இது ஏரிக்குள்ள போச்சுன்னா ஒரு தவளை மிஞ்சாது, ஒரு கொக்கு மிஞ்சாது.”

“அதோட பாஸ்போர்ட்டப் பாத்தீங்களா சார்?”

எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு வீம்பு ஏறிவிட்டது. கன்டெய்னர் மொத்தத்துக்கும் ஹோல்ட் போட்டேன். பொருள் வராமல் லைன் நின்றது. ஓடி வந்த மேனேஜருக்குச் சதுப்பு நிலத்தைப் பற்றிக் கால்மணி நேரம் வகுப்பு எடுத்தேன். அவர் என் தோளைத் தட்டினார். பெர்மனன்ட் ஆர்டருக்கு எங்கே பிரேம் போடுவது என்று யோசிக்கத் தொடங்கினேன்.

சிங்கப்பெருமாள் கோவில் ஊரிலிருந்து, மேனேஜர் வரவழைத்த பாம்பு பிடிப்பவர் ஷேர் ஆட்டோவில் வந்தார். டப்பாவைத் தூக்கி, வெறுங்கையால் பாம்பை எடுத்தார் (நான் அப்போது பெட்டி அடுக்கின் உச்சியில் இருந்தேன், எப்படி ஏறினேன் என்று இன்றுவரை தெரியாது). பாம்பு பயந்துபோய் ஒரு மீனைக் கக்கியது.

“இது நம்மூரு நீர்க்கோலி சார். வெசமில்ல. அதோ கக்கிச்சே, அந்த ஜிலேபி மீனுதான் வெளிநாட்டு ஐட்டம். ஏரில இருந்த நாட்டு மீன் பாதியக் காலி பண்ணது அதான். இது பாவம், அதப் புட்ச்சித் துன்னுகினு கீது” என்றார் பாம்பு பிடிப்பவர்.

“அப்ப டேக்க மீனுக்கு மாத்திடுங்க சார்” என்றாள் தேவகி.

வெளியாளைப் பிடிக்கும் என் வேலையை என்னைவிட ஒழுங்காகச் செய்துகொண்டிருந்த ஒரு ஜீவனைத்தான் நான் டப்பாவில் அடைத்திருந்தேன்.

மேனேஜர் சிரிக்கவில்லை. “ஏரிப் பாம்பு கன்டெய்னருக்குள்ள எப்படிப் போச்சு? ஒய்-ஒய் எழுதுங்க” என்றார். எந்தக் கோளாறுக்கும் ஐந்து முறை ‘ஏன்’ கேட்டு மூலகாரணத்தைப் பிடிக்கும் படிவம் அது. பெருமையாகவே எழுத உட்கார்ந்தேன். லைன் ஏன் நின்றது? கன்டெய்னருக்கு ஹோல்ட். ஏன் ஹோல்ட்? உள்ளே பாம்பு. பாம்பு ஏன் நுழைந்தது? கதவு திறந்திருந்தது. ஏன் திறந்திருந்தது? முந்தின நாள் சாயங்காலம் சாம்பிள் எடுக்கத் திறந்தவர் தாழ்ப்பாள் போடவில்லை. ஏன் போடவில்லை?

பேனா நின்றுவிட்டது. திறந்தவன் நான். ஷிப்ட் பஸ்ஸில் ஜன்னல் சீட் பிடிக்க ஓடிவிட்டேன். அந்தச் சீட்டில் உட்கார்ந்துதான் மலைப்பாம்பு வீடியோ பார்த்தேன்.

அதையும் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். பெர்மனன்ட் ஆர்டர் ஆறு மாதம் தள்ளிப்போனது. கட்டிய மூட்டையை அவிழ்க்கும்படி அம்மாவிடம் சொல்லும் தெம்பில்லாமல் அன்று பஸ்ஸில் அழுதேன். முன் சீட்டிலிருந்து தேவகி திரும்பினாள். “பாம்ப ஏரில வுட்டுட்டாங்க சார். நல்லா நீந்திகினு போச்சு. நீங்களும் அழுவாதீங்க.” அந்த வார்த்தையில் தொடங்கியதுதான் எங்கள் கல்யாணம்.

இப்போது குன்றத்தூரில் குடியிருக்கிறோம். அம்மாவும் பாத்திரங்களோடு வந்துவிட்டாள். நேற்றுக் காலை பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்தது. “யார் இதைப் பார்க்காம விட்டது?” என்று அதட்டிவிட்டேன்.

“ஒய்-ஒய் போட்லாமா?” என்றாள் தேவகி. அம்மா சிரிக்கத் தொடங்கிவிட்டாள். இரண்டாம் வகுப்புப் படிக்கும் மகள் நோட்டும் பென்சிலுமாக வந்து நின்றாள்.

ஐந்தாவது ‘ஏன்’ வரைக்கும் போவானேன்? முதல் ‘ஏன்’னுக்கே ‘நான்தான்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு, துணியை எடுத்து அடுப்பைத் துடைத்தேன்.