தாடிக்கு ஒரு கிரேக்கக் காரணம்

எங்கள் பக்கத்தில் ஓர் ஆண் சும்மா தாடி வளர்க்க முடியாது. பட்டா இல்லாத நிலத்தில் வீடு கட்டினால்கூடப் பார்த்தும் பார்க்காததுமாகப் போய்விடுவார்கள். காரணம் இல்லாத தாடியைப் பார்த்தால் வண்டியை ஓரங்கட்டி நிறுத்திவிட்டுக் கேட்பார்கள். பழனிக்கு வேண்டுதல் என்றால் சரி. அப்பா போய்ச் சேர்ந்துவிட்டார் என்றால் அதுவும் சரி, கூடவே ஓர் 'உச்சு'க் கொட்டலும் கிடைக்கும். இரண்டும் இல்லையென்றால் எவளோ ஏமாற்றிவிட்டாள் என்று அவர்களே தீர்ப்பெழுதி, அவள் எந்த ஊர்க்காரி என்பதையும் சாயங்காலத்துக்குள் கண்டுபிடித்துவிடுவார்கள். 'பிடித்திருக்கிறது, வைத்திருக்கிறேன்' என்ற பதிலை எருமப்பட்டியில் இதுவரை யாரும் ஏற்றுக்கொண்டதாக எனக்குத் தெரியவில்லை.

அந்த எருமப்பட்டியில் பிறந்து வளர்ந்த எனக்குத் தாடி என்றால் உயிர். (எனக்கு வளராதுங்கறதால, அடுத்தவங்க வளத்தறதப் பாத்துச் சந்தோஷப்படற ஜாதி.) இது எனக்குள்ளேயே இருந்திருந்தால் யாருக்கும் தொந்தரவு இல்லை. ஆனால் நான் அப்போது நாமக்கல்லுக்கு வெளியே ஒரு தனியார் பள்ளியில் ஆங்கில டீச்சர். தினமும் காலையில் என் செல்போனுக்கு ஓர் அபூர்வமான ஆங்கிலச் சொல் வரும். அதைப் பொழுது சாய்வதற்குள் யார் தலையிலாவது இறக்கி வைக்காவிட்டால் எனக்குச் சோறு இறங்காது. நான் டிபன் பாக்ஸைத் திறந்தால் ஆசிரியர் அறையில் பாதிப் பேருக்குத் திடீரென்று நோட்டுத் திருத்தும் வேலை வந்துவிடும்.

அப்படி ஒரு நாள் வந்த சொல்தான் போகனோஃபிலியா. கேட்டால் கோழிப்பண்ணைக்கு மருந்து விற்க வருகிறவர் பையிலிருந்து எடுத்துக் காட்டுவது போல இருக்கும். ஆனால் பொருள் அமிர்தம். கிரேக்கத்தில் 'போகோன்' என்றால் தாடி, 'ஃபிலியா' என்றால் பிரியம். தாடிமேல் பிரியம். அந்தப் பிரியத்தை உடையவர் போகனோஃபைல். பழைய கிரேக்கர்கள் தெருவில் இப்படிப் பேசிக்கொண்டு போனதாகத் தெரியவில்லை. பிற்காலத்தில் யாரோ கிரேக்கத் துண்டுகளை எடுத்து ஒட்டிய சொல் இது. நம் ஊரில் லாரிக்குப் பாடி கட்டுவதில்லையா, சேஸிஸ் ஓரிடத்தில் வரும், பாடி ஓரிடத்தில் ஏறும், அந்த மாதிரி. எனக்கு அதெல்லாம் பொருட்டே இல்லை. என் மனசில் இருந்த சமாச்சாரத்துக்கு யாரோ பெயர் வைத்திருக்கிறார்கள் என்பதில் தலைகால் புரியவில்லை.

பக்கத்து நாற்காலியில் இருந்த கணக்கு டீச்சர் ஷகிலாவிடம் சொன்னேன். சேலத்தில் ஜவுளிக்கடை வைத்திருக்கும் குடும்பம் அவளுடையது.

"எங்க அத்தாவுக்குத் தாடி இருக்கு, சாச்சாவுக்கு இருக்கு, கடைக்கு வர பாதிப் பேருக்கு இருக்கு. யாரும் யாரையும் ஒண்ணும் கேக்கறதில்ல. இதுக்குப் போயி எதுக்கு நளினி வியாதி மாதிரி ஒரு பேரு?" என்றாள்.

ரசனை இல்லாதவள் என்று நினைத்துக்கொண்டேன். உண்மையில் அன்றைக்கு அந்த அறையில் புத்தியோடு இருந்தது அவள் ஒருத்திதான்.

அந்த வாரத்தில்தான் ஜேடர்பாளையத்திலிருந்து என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளை பெயர் குமரேசன். போர்வெல் போடும் ரிக் வண்டிக் கம்பெனியில் மேற்பார்வை வேலை. வண்டி சத்தீஸ்கரில் ஓடுவதால் அவரும் அங்கேதான் இருப்பார், வருஷத்துக்கு இரண்டு தடவை ஊருக்கு வருவார். முகம் வழுவழுவென்று இருந்தது. மற்றபடி குறை சொல்ல ஒன்றுமில்லை. 'ரெண்டு பேரும் தனியா ஒரு வார்த்தை பேசட்டும்' என்று வழக்கம்போல எங்களை மொட்டை மாடிக்கு அனுப்பிவைத்தார்கள்.

தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, "என்றகிட்ட ஏதாச்சும் கேக்கோணுமுங்களா?" என்றார்.

மற்ற பெண்கள் சம்பளத்தைக் கேட்பார்கள், குடிப்பழக்கத்தைக் கேட்பார்கள். நான் தொண்டையைச் செருமிக்கொண்டு, "நான் ஒரு போகனோஃபைல்" என்றேன்.

அவர் முகம் வெளுத்தது. பிறகு மெதுவாக, "இப்பப் பரவால்லீங்களா? மருந்து மாத்திரை ஏதாச்சும் சாப்புடோணுமுங்களா?" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள், "இருந்தாலும் பரவால்லீங்க, பாத்துக்கலாமுங்க" என்று சேர்த்துக்கொண்டார்.

அந்த இடத்திலேயே எனக்கு அவரைப் பிடித்துவிட்டது. என்ன வியாதி என்று தெரியாமலேயே ஏற்றுக்கொள்ளும் மாப்பிள்ளை எத்தனை பேருக்குக் கிடைப்பார்? பிறகு கிரேக்கத்திலிருந்து ஆரம்பித்து முழுப் பாடத்தையும் நடத்தினேன். கேட்டுவிட்டுத் தன் தாடையை ஒரு தடவை தடவிக்கொண்டார். பொண்ணு பார்க்க வந்த அன்றைக்கே ஒரு பெண் இப்படியெல்லாம் பேசினாள் என்று வெளியே தெரிந்தால் என் மானம் போய்விடும் என்பது எனக்கு அப்புறம்தான் உறைத்தது. யாரிடமும் சொல்ல வேண்டாம் என்றேன். "சத்தியமா சொல்ல மாட்டனுங்க" என்றார். மறுவாரம் சத்தீஸ்கருக்கு ரயிலேறிவிட்டார்.

அவர் அடுத்த தடவை ஊருக்கு வந்தபோது எங்கள் வீட்டில் நிச்சயதார்த்தம். மாப்பிள்ளை வீட்டு வேன் வந்து நின்றது. ஜன்னல் வழியாகப் பார்த்தேன். குமரேசன் இறங்கினார். தாடியோடு இறங்கினார். அடர்த்தியாக, கருகருவென்று, காது ஓரத்திலிருந்து இறங்கி ஒழுங்காக வந்து சேர்ந்த தாடி. எனக்காக ஒருவர் வேகாத வெயிலில், பாறைத்தூசியில் நின்றுகொண்டு வளர்த்த தாடி. எனக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. என் வாழ்க்கையில் அத்தனை சந்தோஷமாக நான் இருந்ததில்லை. என் தாய்மாமா காப்பி டம்ளரைக் கீழே வைக்கும்வரை அந்தச் சந்தோஷம் நீடித்தது.

மாமாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். லாரி வைத்திருக்கிறார். ஆனால் அது உபதொழில்; விசாரிப்பதுதான் பிரதான தொழில். எங்கள் வம்சத்தில் எந்தக் கல்யாணமும் அவர் விசாரித்து 'சரி' சொல்லாமல் நடந்ததில்லை. தாடியைக் கண்டால் அவருக்கு ஆகாது. (இதுக்கும் கிரேக்கத்துல பேரு இருக்குது, போகனோஃபோபியா. இதையெல்லாம் அன்னிக்குச் சொல்லாம உட்டதுதான் நான் பண்ணுன ஒரே நல்ல காரியம்.)

"ஏனுங் மாப்ள, வேண்டுதல் ஏதாச்சுமுங்களா?" என்றார் மாமா.

"இல்லீங்க."

"ஊட்டுல பெரியவங்க எல்லாம் சொகந்தானுங்களே?"

"எல்லாரும் வந்திருக்காங்களேங்க."

"பின்ன எதுக்குங்க இது?"

குமரேசன் சத்தியத்தைக் காப்பாற்றுகிறவர். "சும்மாதானுங்க" என்றார்.

போச்சு. எங்கள் பக்கத்தில் சொல்லவே கூடாத பதில் அது. ஏனென்றால் இன்னொரு காரணம் பாக்கி இருக்கிறது. வீட்டில் மனைவி மாசமாக இருந்தால், பிள்ளை பிறக்கும்வரை கணவன் சவரம் செய்துகொள்ள மாட்டான். அது இங்கே காலங்காலமாக இருக்கும் வழக்கம். கல்யாணமாகாத ஆள், வருஷம் பூரா வடக்கே இருக்கிற ஆள், தாடிக்குக் காரணம் சொல்ல மறுக்கிற ஆள். மாமா மனசுக்குள் கூட்டிப் பெருக்கிவிட்டு நேராகச் சமையல்கட்டுக்கு வந்தார்.

"வடக்க ஒருத்தி இருக்கறா. மாசமா இருக்கறா" என்றார் அம்மாவிடம்.

அம்மா அப்படியே அரிசி மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டாள். அந்தச் செய்தி பந்தி இலைக்குத் தண்ணீர் தெளிப்பவர் வரைக்கும் போய்ச் சேர அதிக நேரம் ஆகவில்லை. எங்கள் பக்கத்துச் சனம் ஒவ்வொருவராக எழுந்து வந்து மாப்பிள்ளையின் முகத்தைக் குனிந்து பார்த்துவிட்டுப் போனார்கள். சபையில் ஏதோ சரியில்லை என்று குமரேசனுக்கும் புரிந்துவிட்டது.

"வேண்டுதல்தானுங்க. மறந்துட்டனுங்க" என்றார்.

"எந்தக் கோயலுக்குங்க?"

சுவரில் முருகன் படம் போட்ட காலண்டர் தொங்கிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்துக்கொண்டே, "பழனிக்குங்க" என்றார்.

அவருடைய அம்மாவுக்குப் பொய் சொல்லத் தெரியாது, மகனைக் காப்பாற்றவும் தெரியாது. "பழனிக்கா? எல்லாத்தயும் போன தையிலயே முடிச்சுட்டு வந்துட்டமே சாமி. எங்களுக்குத் தெரியாம இது என்ன வேண்டுதல்?" என்றார்.

மாமா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். "தட்டு மாத்தறதக் கொஞ்சம் தள்ளி வெச்சுக்கலாமுங்க."

தள்ளி வைப்பது என்றால் எங்கள் பக்கத்தில் என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியும். அடுத்த முகூர்த்தத்தில் அந்த மாப்பிள்ளைக்கு வேறு இடத்தில் கல்யாணம் நடக்கும். நமக்குப் பத்திரிகைகூட வராது. கதவிடுக்கு வழியாகப் பார்த்தேன். குமரேசன் தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். என்னைக் கைகாட்டியிருந்தால் அந்த நிமிஷமே தப்பித்திருப்பார். வாயே திறக்கவில்லை. இவரை விடக் கூடாது என்று எனக்குத் தோன்றியது. பட்டுப்புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு கூடத்துக்கு வந்தேன்.

இந்த இடத்தில் அறிவுள்ள பெண் யாராக இருந்தாலும் என்ன சொல்லியிருப்பாள்? 'எனக்குத் தாடி பிடிக்கும் என்றேன், அதற்காக வளர்த்தார்' என்று சொல்லியிருப்பாள். ஒரே வரியில் முடிந்திருக்கும். நான் டீச்சர் அல்லவா? சபையைப் பார்த்ததும் வகுப்பு ஞாபகம் வந்துவிட்டது.

"மாமா, இதுக்குக் காரணம் போகனோஃபிலியாங்க" என்றேன்.

"யாருக்கும்மா?" என்றார் அப்பா.

"எனக்குத்தானுங்கப்பா."

சமையல்கட்டில் அம்மாவின் அழுகைச் சத்தம் கேட்டது. அதுவரைக்கும் களங்கம் மாப்பிள்ளை பக்கம் இருந்தது. இப்போது மொத்தமாக எங்கள் பக்கம் வந்து சேர்ந்துவிட்டது. குமரேசனின் அம்மா எழுந்து வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஏங்கண்ணு, பொறந்ததுல இருந்தேவா?" என்றார். அவருடைய அப்பா என் அப்பாவைப் பார்த்து, "பரம்பரையா வரதுங்களா? மொதல்லயே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமுங்களே" என்றார். அப்பா எனக்குச் சின்ன வயதில் வந்த அம்மையிலிருந்து ஒவ்வொன்றாக யோசிக்க ஆரம்பித்துவிட்டார்.

"ஐயோ, வியாதி இல்லீங்க. கிரேக்கத்துல போகோன்னா..." என்று நான் பாடத்தைத் தொடர்ந்தேன்.

மாமா கையை உயர்த்தி என்னை நிறுத்தினார். குமரேசன் பக்கம் திரும்பி, "கிரேக்கமா? அப்ப அந்தப் புள்ள சத்தீஸ்கர் இல்லீங்களா?" என்றார்.

அதற்குமேல் குமரேசனால் பொறுக்க முடியவில்லை. "மாமா, எந்தப் புள்ளையும் இல்லீங்க. இவங்களுக்குத் தாடி புடிக்கும்னு சொன்னாங்க. அதுக்குத்தான் வளத்தனுங்க" என்று ஒரே மூச்சில் சொல்லிவிட்டார்.

எல்லாருடைய கண்களும் தாடியிலிருந்து என் முகத்துக்கு வந்தன. பின்வரிசையில் என் சின்ன அத்தை முதலில் சிரித்தாள். அப்புறம் சபையே சிரித்தது. 'மாடியில இதத்தான் பேசுனாங்களா' என்று யாரோ சொன்னார்கள். தரை பிளந்து என்னை உள்ளே வாங்கிக்கொள்ளாதா என்று நின்றேன். எருமப்பட்டித் தரை எதற்கும் லேசில் பிளக்காது, அதற்குத்தான் ரிக் வண்டி வைத்திருக்கிறார்கள்.

மாமா மட்டும் சிரிக்கவில்லை. "பேச்சு பேச்சா இருக்கட்டும். மாசமா ஒருத்தி இருந்தா எந்த ஆம்பளைக்கும் தாடியில கத்தி வெக்க மனசு வராது. மாப்ள எடுத்துரட்டும், இப்பவே தட்ட மாத்திக்கலாம்" என்றார். பிறகு என்னைப் பார்த்து, "என்ன சாமி, எடுத்துரலாமா?" என்றார்.

உலகத்தில் வேறு எந்தப் போகனோஃபைலுக்கும் இந்தச் சோதனை வந்திருக்காது. அந்தத் தாடியை நான் கிட்டத்தில்கூடப் பார்த்திருக்கவில்லை. குமரேசன் என்னைப் பார்த்தார். வயிற்றெரிச்சலை அடக்கிக்கொண்டு, "எடுத்துரட்டுமுங்க மாமா" என்றேன். மாமா தன் பைக்கிலேயே அவரைக் கடைவீதி சலூனுக்குக் கூட்டிக்கொண்டு போனார். சாட்சிக்கு இன்னும் இரண்டு பைக்குகள் பின்னால் போயின. (சவரத்துக்கும் கிரேக்கத்துல ஒரு சொல்லு இருக்குது, போகனோடமி. கேக்கறப்பவே வலிக்குது.)

திரும்பி வந்தவரைப் பார்த்தபோது எனக்கு அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. சத்தீஸ்கர் வெயிலில் மூக்குக்கு மேலே கருத்திருந்தது. தாடி இருந்த இடம் மட்டும் பூசாத சுவர்போல வெளுத்திருந்தது. தாடையில் ஒரு வெட்டு வேறு. எங்கள் நிச்சயதார்த்தப் படங்கள் எல்லாவற்றிலும் அவர் இரண்டு வண்ணத்தில் இருக்கிறார். போட்டோக்காரர் எவ்வளவோ முயன்றும் ஒரே வண்ணத்துக்குக் கொண்டுவர முடியவில்லை. ஆனால் தட்டு மாறியது.

கல்யாணத்துக்குப் பிறகு அவர் ஒரே ஒரு தடவைதான் தாடி வளர்த்தார், என் மகள் வயிற்றில் இருந்தபோது. மாமா முதற்கொண்டு ஊரே ஒப்புதல் கொடுத்த, முறையான தாடி. எனக்கோ மசக்கை. அந்தத் தாடியில் தேங்காயெண்ணெய் வாசம் வந்தாலே குமட்டிக்கொண்டு வரும். என் பிரியத்துக்குரிய பொருள் பக்கத்திலேயே இருந்தும், மாதக்கணக்கில் அதை அடுத்த அறையில் படுக்கச் சொல்லி அனுப்பிய ஒரே போகனோஃபைல் நானாகத்தான் இருப்பேன்.

இதெல்லாம் போகட்டும். எங்கள் குடும்பத்தில் மாப்பிள்ளைகள் அதிகம், ஊரை வைத்துத்தான் அடையாளம் சொல்வோம். கரூர் மாப்பிள்ளை, பெங்களூரு மாப்பிள்ளை என்று. என் வீட்டுக்காரருக்கு மாமா வைத்த பெயர் கிரேக்க மாப்பிள்ளை. விசேஷ வீடுகளில் சத்தமாகக் கூப்பிடுவார். கதை தெரியாத புதுச் சம்பந்திகள் மரியாதையாகப் பக்கத்தில் வந்து உட்காருவார்கள். ஆரம்பத்தில் அவர் மெனக்கெட்டு விளக்கிக்கொண்டிருந்தார். இப்போதெல்லாம் அந்தச் சிரமம் இல்லை.

போன மாதம் புதுச்சத்திரத்தில் ஒரு கல்யாணம். பந்தியில் பக்கத்து இலையில் இருந்த பெரியவர், "கிரேக்கத்துல என்ன வேலைங்க தம்பி?" என்றார்.

"போர்வெல்லுதானுங்க" என்றார் இவர், சாம்பாரை ஊற்றிக்கொண்டே.

பெரியவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "அங்க எத்தன அடியிலீங்க தண்ணி?" என்றார்.

"எண்ணூறு அடியில வந்துருதுங்க."

"பரவால்லீங்களே, நம்மூருக்கு அது எவ்வளவோ தேவலை" என்று சொல்லிவிட்டுப் பெரியவர் திருப்தியாகப் பாயசத்துக்குப் போனார்.