முந்திக் குத்தும் டாக்டர்

நம்மிடையே ஒரு ரகம் உண்டு. நீங்கள் வாயைத் திறந்து பாதி வாக்கியம் சொல்வதற்குள் மீதியைத் தாங்களே சொல்லி முடித்து, அதற்குப் பதிலையும் சொல்லி, அந்தப் பதில் சரிதான் என்று உங்கள் தலையையும் ஆட்டவைத்துவிட்டு அடுத்த ஆளிடம் போய்விடும் ரகம். சம்பந்திகளில் உண்டு, தலைமையாசிரியர்களில் உண்டு, லாரி புக்கிங் ஆபீஸ் நடத்துகிறவர்களில் ஏராளம் உண்டு. ஆனால் இவர்களெல்லாம் பழக்கதோஷத்தில் முந்துகிறவர்கள். முறையாகப் பயிற்சி பெற்று முந்துகிறவர் ஒருவரைப் பார்க்க வேண்டுமா? நாமக்கல்லில் மோகனூர் ரோட்டுக்கு வாருங்கள். டாக்டர் குமரகுரு, எம்.பி.பி.எஸ்., வாள்வீச்சில் முன்னாள் மாநில சாம்பியன்.

வாள்வீச்சா, இந்த ஊரிலா என்று நீங்கள் கேட்பது நியாயம். அவருடைய அப்பா காளியண்ணன் போர்வெல் வண்டி ஓட்டியவர். எங்கே துளை போட்டால் தண்ணீர் வரும் என்று பார்க்கிற கண் அவருக்கு. ஊரே பிள்ளைகளை விடுதிப் பள்ளியில் போட்டு வறுத்தெடுத்துக்கொண்டிருந்தபோது, மருத்துவப் படிப்பில் விளையாட்டு ஒதுக்கீடு என்று ஒன்று இருப்பதைக் கண்டுபிடித்தார். கபடிக்கு ஊர்க்கூட்டம் நின்றது. வாள்வீச்சுக்கு ஈ, காக்கை இல்லை. மகன் கையில் ஒரு வாளைக் கொடுத்து சேலத்துக்கு பஸ் ஏற்றிவிட்டார். பையனுக்கோ அந்த வித்தை வேண்டிய அளவுக்கு மேலேயே வந்துவிட்டது. சாம்பியன் ஆனார், சீட் கிடைத்தது, டாக்டரும் ஆனார். அப்பாவுக்கு வேலை முடிந்தது, மகனுக்குத்தான் முடியவில்லை.

அவர் கிளினிக்கைப் பார்த்தாலே தெரியும். ரயில் பெட்டி மாதிரி நீளமாக, குறுகலாக ஓர் அறை. அந்தக் கோடியில் நோயாளி, இந்தக் கோடியில் டாக்டர். ஊசி போட வேண்டுமென்றால் சிரிஞ்சை முகத்துக்கு நேராக உயர்த்தி நோயாளிக்கு வணக்கம் வைப்பார். இரண்டு எட்டு பின்வாங்குவார். பிறகு முன்னங்காலை வீசி ஒரே பாய்ச்சல். குத்தியது தெரியாது, வலியும் இருக்காது. அதன்பின் முஷ்டியை மடக்கி அவர் போடுகிற வெற்றிக் கூச்சலுக்குத்தான் குழந்தைகள் அழும். அந்த ஊசிக்காகவே ராசிபுரத்திலிருந்தெல்லாம் ஆட்கள் வந்தார்கள் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

அவர் ஆடிய வகை வாள்வீச்சில் ஒரு விதி உண்டு. இரண்டு பேர் வாளும் ஒரே நேரத்தில் பட்டால், தாக்குதலை முதலில் தொடங்கியவருக்கே புள்ளி. குமரகுருவின் வைத்தியம் மொத்தமும் இந்த ஒரு விதிக்குள் அடக்கம். நோயாளி “வயித்துல...” என்றால் இவர் “புண்” என்பார். “புண்ணு இல்லீங்க, சாப்...” என்றால் “சாப்பாட்டுக்கு முன்னாடி ஒண்ணு, பின்னாடி ஒண்ணு.” முடிந்தது, புள்ளி. பெரும்பாலும் அவர் சொல்வது சரியாகவும் இருந்து தொலைத்ததுதான் வினை. கைராசிக்காரர் என்று பெயரும் வாங்கிவிட்டார். வீட்டில் மனைவி சாரதாமணி வாட்ஸப்பில் தட்டச்சு செய்யத் தொடங்கியதைக் கண்டாலே போதும், செய்தி வருவதற்கு முன் இவர் பதில் போய்ச் சேர்ந்திருக்கும்.

இப்படி வெற்றிமேல் வெற்றியாகப் போய்க்கொண்டிருந்தவரிடம், பொங்கல் முடிந்த வாரத்தில் மோகனூர்ப் பக்கத்திலிருந்து செல்லமுத்து வந்து சேர்ந்தார். கரும்பு விவசாயி. கூட அவர் மனைவி குப்பாயி. டாக்டர் வீட்டுக்கென்று காய்ந்த இலைச் சோகையைக் கழித்த ஒரு கரும்பைக் கையில் பிடித்திருந்தாள். செல்லமுத்து இடது தோளைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். வாயைத் திறக்கவில்லை. குமரகுருவுக்கு அது போதாதா? தோள் பிடிப்பு, கரும்பு வெட்டியதால் வந்தது என்றார். முந்தின நாள் வெட்டியதென்னவோ உண்மைதான். முதல் புள்ளி.

அதில்லீங்க, ராத்திரியெல்லாம் என்று குப்பாயி ஆரம்பித்தாள். வலி இருந்தால் தூக்கம் வராதுதான் என்றார் டாக்டர். வேர்த்து வேர்த்து என்று அவள் தொடங்கினாள். வெயிலில் வந்தால் வேர்க்காதா என்று அவர் முடித்தார். ஏ.சி. அறையில், தை மாதத்தில், செல்லமுத்துவின் சட்டை நனைந்துகொண்டிருந்தது. டாக்டர் அதைப் பார்க்கவில்லை. அவர் புள்ளிக் கணக்கில் இருந்தார். வலி ஊசியை எடுத்தார், வணக்கம் வைத்தார், இரண்டு எட்டு பின்வாங்கினார்.

அந்த ஊசி இறங்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று உங்களுக்கே தெரியும். வலி அடங்கிவிட்டது என்று மனிதர் வீட்டுக்குப் போய்க் கட்டிலில் சாய்ந்திருப்பார். எழுந்திருக்கமாட்டார். குப்பாயிக்கு வைத்தியம் தெரியாது, வாள்வீச்சு அதைவிடத் தெரியாது. இந்த ஆளை எப்படியாவது நிறுத்த வேண்டும் என்பது மட்டும் தெரிந்தது. டாக்டர் பாய்ந்தார். அவள் கையிலிருந்த கரும்பை நேராக நீட்டினாள். ஊசி ஒரு சாண் தள்ளி நிற்க, கரும்பு டாக்டரின் இடது மார்பில் டொக்கென்று பட்டது.

உடலில் குத்து விழுந்தால் ஆட்டம் நிற்க வேண்டும். பள்ளிக்கூட நாளிலிருந்து எலும்புக்குள் ஏறிய பழக்கம். குமரகுரு பாய்ந்த கோலத்திலேயே, வாயை மூடிக்கொண்டு, அசையாமல் நின்றார்.

“இங்கதானுங்க சாமி,” என்றாள் குப்பாயி, கரும்பை எடுக்காமல். “இங்க நெஞ்சுல புடிச்சு, அப்பறந்தானுங்க தோளுக்கு ஏறுது. அதச் சொல்லத்தானுங்க வந்ததுல இருந்து வாயத் தொறக்கறேன்.”

டாக்டர் ஈ.சி.ஜி. எடுத்துப் பார்த்தார். மாரடைப்பு. வேண்டிய மாத்திரைகளைக் கொடுத்து, ஆம்புலன்ஸில் தானே ஏறி, சேலம் போய்ச் சேரும்வரை செல்லமுத்துவின் மணிக்கட்டை விடவில்லை. பிழைத்துக்கொண்டார் செல்லமுத்து. டாக்டர்தான் பாதி செத்துத் திரும்பினார்.

அன்றைக்கு வீட்டில் சாரதாமணி, “ஏனுங்க, நாளைக்கு எங்கம்மா ஊட்டுல...” என்று தொடங்கினாள். குமரகுரு பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தார். அவளும் காத்திருந்தாள். கடைசியில் கலங்கிப்போய்ச் சொன்னாள்: “மேல என்ன சொல்றதுன்னே தெரியலீங்க. எப்பவும் நீங்கதான முடிப்பீங்க.”

மனிதர் அதோடு திருந்திவிட்டார் என்றுதானே நினைக்கிறீர்கள்? ஒரு வாரம் திருந்தியிருந்தார். பிறகு கிளினிக் வாசலில் ஒரு பலகை முளைத்தது: ‘கரும்பு, குடை, ஊன்றுகோல் ஆகியவற்றை வெளியே வைத்துவிட்டு வரவும்.’

சிரிக்கிறீர்கள். நல்லது. இன்று காலையில் உங்கள் வீட்டில் யாரோ “ஏங்க, ஒண்ணு சொல்லணும்” என்று தொடங்கியது நினைவிருக்கிறதா? அது என்னவென்று முழுவதும் கேட்டீர்களா, அல்லது...

என்ன, ‘நான் அப்படி இல்லை’ என்கிறீர்களா? நான் இன்னும் கேள்வியையே முடிக்கவில்லையே.