ஆனந்தவல்லி வீடு பார்க்கப் போன கதை

திமிர் என்று மட்டும் சொல்லாதீர்கள். திமிர் இருந்தால் ஆனந்தவல்லி ஒன்பது வருஷம் அந்தப் பிழைப்பைப் பிழைத்திருப்பாளா? "நாடகத்துல ஆறு புருஷனுக்கு வாக்கப்பட்டவ, நெசத்துல ஒருத்தனுக்கு ஏலாதாக்கும்" என்று இராஜபாளையத்தில் அவள் தெருக்காரி கருத்தம்மாள் பேண்டேஜ் துணி மடித்துக்கொண்டே சொல்கிறாளாம். சொல்லட்டும். இனம் தெரிந்து பேச வேண்டும்.

ஆனந்தவல்லி பதில் நடிகை இனம். டிவி நாடகத்தில் முதலில் நடித்தவள் பிரசவத்துக்குப் போவாள், சினிமா கிடைத்துப் போவாள், டைரக்டரோடு முறைத்துக்கொண்டு போவாள். மறுநாள் அதே சேலையில் வேறொரு முகம் வந்து நிற்க, கீழே 'இவருக்குப் பதில் இவர்' என்று எழுத்து ஓடும். அந்த முகம்தான் இது. முன்னவள் அளவுக்குத் தைத்த ஜாக்கெட்டை முதுகில் ஊக்குக் குத்திப் போட்டுக்கொள்ளும். முன்னவள் பாதியில் விட்ட அழுகையை மீதியும் அழுது முடிக்கும். முன்னவள் பெற்ற பிள்ளைக்குக் காது குத்தும். நாடகத்துப் புருஷனோ மாமியாரோ "யாரம்மா நீ?" என்று கேட்பார்களா? மாட்டார்கள். அதையெல்லாம் டவுன் பஸ்ஸில் கேட்பார்கள். "அந்தப் பழைய புள்ளைய எங்கட்டி தொரத்துன?" இவள் என்ன செய்வாள்? டிக்கெட்டை வாங்கிக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வாள்.

முப்பத்தாறு வயதில் ஒரு வரன் வந்தது. ஸ்ரீவில்லிபுத்தூரில் மருந்துக்கடை வைத்திருக்கும் சௌந்தரபாண்டியன். மனைவி சந்தனமாரி காலமாகி இரண்டு வருஷம். நல்ல மனுஷன். ஆனந்தவல்லிக்கு ஆசை இல்லாமல் இல்லை. ஒரு வீட்டுக்குள்ளாவது ஆனந்தவல்லியாகவே நுழைய வேண்டும் என்ற ஆசை. அது பெரிய ஆசையா?

வழக்கப்படி மாப்பிள்ளை வீடு பார்க்க அம்மாவோடு போனாள். மாப்பிள்ளையின் அக்கா வேலுத்தாய் வாய் நிறைய வரவேற்று நேரே அடுக்களைக்கு அழைத்துப் போனாள்.

"அங்க நிக்காத தாயி. சந்தனமாரி அடுப்புக்கு எடது பக்கந்தான் நிப்பா. செத்த சாஞ்சு நில்லு."

சாய்ந்து நின்றாள். பழக்க தோஷம். வேலுத்தாய்க்குக் கண் கலங்கிவிட்டது. தம்பியைக் கூப்பிட்டுக் காட்டினாள். அடுத்து சந்தனமாரி உட்காரும் நாற்காலி, சந்தனமாரி காபி குடிக்கும் டம்ளர், சந்தனமாரி வாயைப் பொத்திச் சிரிக்கும் சிரிப்பு. ஒவ்வொன்றும் சொல்லச் சொல்ல, ஆனந்தவல்லி ஒரே தடவையில் சரியாகச் செய்தாள். பன்னிரண்டு வருஷம் குடித்தனம் நடத்தியவள் அரை மணி நேரத்தில் திரும்பி வந்துவிட்டாள் என்று வீடே பூரித்தது. அந்தப் பூரிப்பில்தான் வேலுத்தாய் பீரோவைத் திறந்து பட்டு ஜாக்கெட் ஒன்றை எடுத்து நீட்டினாள்.

"ஊக்குக் குத்திக்கிட்டாப் போதும். ஒனக்குப் பழக்கந்தான?"

ஆனந்தவல்லி அதை வாங்கினாள். கசங்காமல் மடித்தாள். மேஜைமேல் வைத்துவிட்டு, சௌந்தரபாண்டியனிடம் கேட்டாள்:

"சந்தனமாரி அக்காவுக்கு என்ன புடிக்கும்?"

அவர் அக்காவைப் பார்த்தார். அக்கா அடுக்களையைப் பார்த்தாள்.

"ரசம் நல்லா வைப்பா," என்றார்.

"வைப்பாவ, சரி. அவியளுக்குப் புடிக்குமா?"

பக்கத்து வீட்டில் குக்கர் மூன்று விசில் அடித்தது. சௌந்தரபாண்டியன் நிஜமாகவே யோசித்தார், பாவம். நெற்றி சுருங்க யோசித்தார். நிற்கிற விதம் தெரிந்தது, சிரிக்கிற விதம் தெரிந்தது, அதற்கு மேல் ஒன்றும் கிடைக்கவில்லை.

"காபி நல்லாருந்துச்சு மதினி. நாங்க வாரோம்" என்று வேலுத்தாயிடம் சொல்லிவிட்டு, அம்மா எழுந்திருப்பதற்குள் ஆனந்தவல்லி வாசலைத் தாண்டிவிட்டாள். அதைத்தான் தெருவே திமிர் என்கிறது. நீங்களும்தான் தலையாட்டுகிறீர்கள்.

ஆட்டுங்கள். இன்றைக்கு வீட்டுக்குப் போனதும், "எனக்கு என்ன பிடிக்கும்?" என்று உங்கள் வீட்டாரிடம் சும்மா ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள். கேட்பதற்கு முன்னால், வாசலைத் தாண்ட வசதியாகச் செருப்பு எங்கே கிடக்கிறது என்று பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.